கிணற்றின் வாயில் ஒரு பகற்பொழுது

ஆற்றங்கரையே நாகரிகத்தின் தொட்டில் என்று பள்ளிப் பருவத்தில் நாம் அனைவரும் படித்திருக்கிறோம். நைல், யூப்ரட்டீசு, சிந்து என அடுக்கிச் சொல்லிக் காவிரியையும் வையையையும் அவற்றோடு சேர்த்துக்கொண்டோம். ஓர் ஆறுகூடத் தரைமேல் ஓடாத நாட்டில் கோயிலும் கோநகரும் எழுந்தன, எழுத்தும் எண்ணும் வளர்ந்தன என்று எவரேனும் அன்று சொல்லியிருந்தால் நம்பியிருக்க மாட்டோம். அத்தகைய நாடொன்றை ஒரு பகற்பொழுது கண்டுவரும் வாய்ப்பு எங்கள் குடும்பத்துக்குக் கிட்டியது. மெக்சிகோவின் தென்கிழக்கே கடலுக்குள் நீண்டு கிடக்கும் யுகாத்தான் தீபகற்பமே அந்நாடு. அங்கு அன்று வாழ்ந்தோரும் இன்று வாழ்வோரும் மாயர் எனப்படுவர்.

கான்கூன் என்னும் கடற்கரை நகரில் நாங்கள் தங்கியிருந்தோம். 1970-களில் சுற்றுலாவுக்கென்றே மெக்சிகோ அரசு எழுப்பிய நகரம் அது. விடியற்காலையில் விடுதி வாசலுக்கே பேருந்து வந்தது. எங்களுக்கு வாய்த்த வழிகாட்டி நடுவயதினர், மாயர் குலத்தவர். மேற்கு நோக்கி ஏறத்தாழ 200 கிலோமீட்டர் பயணம். இருபுறமும் தாழ்ந்த காடு. குன்று என்று சொல்ல ஒன்றுமில்லை. “இவ்வளவு தொலைவு வந்தும் ஓர் ஆற்றுப்பாலத்தைக்கூடக் காணோமே!” என்று எங்கள் மகள் வியந்தாள். அதைக் கேட்டறிந்த வழிகாட்டி, தம் நாட்டு ஆறுகள் காலுக்குக் கீழே ஓடுகின்றன என்று சொல்லிச் சிரித்தார்.

அவர் சொன்னது வெறும் நயவுரை அன்று. யுகாத்தான் முழுதும் சுண்ணாம்புப் பாறை. பெய்யும் மழை தரைமேல் தேங்காமல் பாறைக்குள் இறங்கிவிடுகிறது. பன்னெடுங்காலம் நீர் அரித்த பாறைக்குள் குகைகளும் நீரோடைகளும் உண்டாயின. குகையின் கூரை இடிந்து விழுந்த இடங்களில் நிலத்தடி நீர் வானத்தைக் கண்டது. அவ்வாறு அமைந்த இயற்கைக் கிணறுகளை மாயர் ‘ட்சோனோட்’ என்றனர். அச்சொல்லையே ஸ்பானியர் ‘செனோட்டே’ எனத் திரித்து வழங்கினர். இத்தகைய கிணறுகள் அங்கு ஆயிரக்கணக்கில் உள்ளன. அவற்றுள் பல, தீபகற்பத்தின் வடமேற்கில் அரைவட்டமாக வரிசை பிடித்து நிற்கின்றன. ஏறத்தாழ 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன் விண்ணிலிருந்து வந்து மோதிய பெருங்கல் தோண்டிய பள்ளத்தின் விளிம்பே அவ்வரைவட்டம் என்பர் நிலநூலார். தொல்விலங்குகளின் பேரழிவுக்குக் காரணமான அம்மோதலின் வடு, பின்னாளில் மாந்தருக்கு ஊற்றுக்கண் ஆயிற்று!

நாங்கள் சென்றடைந்த பழநகரின் பெயரே இவ்வுண்மைக்குச் சான்று. சிச்சென் இட்சா என்பது அதன் பெயர். ‘சி’ என்றால் வாய். ‘சென்’ என்றால் கிணறு. இட்சா என்பது குடிப்பெயர். இட்சாக்களின் கிணற்று வாயிலில் அமைந்த ஊர் என்பது பொருள். ஆற்றின் பெயரால் ஊரை அழைக்கும் வழக்கம் நமக்கு உண்டு. கிணற்றின் பெயரால் தலைநகரையே அழைத்தவர்கள் அவர்கள்.

நகரின் நடுவே குக்குல்கான் கோயில் நிற்கிறது. குக்குல்கான் என்பது இறகு பூண்ட நாகத்தெய்வம். ஒன்பது அடுக்குகளாக உயர்ந்து செல்லும் அக்கோயிலுக்கு நாற்புறமும் படிவரிசை உண்டு. பக்கத்துக்கு 91 படி. மேல்தளத்தையும் ஒரு படியாகக் கொண்டால் மொத்தம் 365. ஆண்டின் நாட்களைக் கல்லில் எண்ணி வைத்திருக்கிறார்கள். இரவும் பகலும் ஒத்திருக்கும் மார்ச்சு, செப்டம்பர் நாட்களில், மாலை வெயில் வடக்குப் படியின் ஓரச்சுவரில் முக்கோண ஒளித்துண்டுகளை வரிசையாக வீழ்த்துகிறது. அடியில் இருக்கும் கல்நாகத் தலையை நோக்கிப் பாம்பொன்று இறங்குவது போன்ற தோற்றம் அப்போது எழுகிறது. நாங்கள் சென்ற நாள் அதுவன்று. படியேறவும் இப்போது எவருக்கும் அனுமதி இல்லை. எனினும், புள்ளியும் கோடும் சிப்பி வடிவச் சுழியமும் கொண்டு இருபதின் அடுக்காக எண்ணியவர்கள், வெள்ளியின் போக்கைப் பல்லாண்டு கணித்து ஏட்டில் வரைந்தவர்கள் நின்ற மண்ணில் நிற்கிறோம் என்ற நினைவே போதுமானதாக இருந்தது.

கோயிலின் வடக்கே ஒரு பழம்பாதை செல்கிறது. அதன் முடிவில் இருப்பது திருக்கிணறு. ஏறத்தாழ 60 மீட்டர் விட்டம், செங்குத்தான பாறைச்சுவர், வெகு ஆழத்தில் பாசி படர்ந்த பச்சைநீர். இது குடிநீர்க் கிணறு அன்று. மழைத்தெய்வமான சாக்கை வேண்டிக் காணிக்கை இட்ட இடம். அமெரிக்கரான எட்வர்ட் தாம்சன் 1904 முதல் இதனைத் தூர்வாரினார். பொன்னும் பச்சைமணியும் செப்புமணிகளும் நறும்பிசினும் கிடைத்தன. மனித எலும்புகளும் கிடைத்தன. அப்பொருள்களிற் பெரும்பகுதி ஆர்வர்டு பல்கலைக்கழகத்தின் அருங்காட்சியகத்துக்குச் சென்றது. சில பின்னர் மெக்சிகோவுக்குத் திரும்பின.

அழகிய கன்னியரை அணிசெய்து இக்கிணற்றில் தள்ளினர் என்ற கதையை நாங்களும் இளமையில் படித்திருந்தோம். அதுபற்றி வழிகாட்டியிடம் வினவினோம். “பயணிகள் விரும்புவது அக்கதையைத்தான். எலும்புகள் வேறு சொல்கின்றன” என்றார். அவர் கூற்று மெய்யே. கிணற்றிலிருந்து எடுத்த எலும்புகளில் ஆண், பெண், குழந்தை அனைவருடையவையும் உள்ளன. மேலும், இக்கிணற்றருகே நிலத்தடி நீர்த்தொட்டி ஒன்றில் 1967-ஆம் ஆண்டு கண்டெடுக்கப்பட்ட குழந்தைகளின் எலும்புகளை அண்மையில் மரபணு வழியே ஆராய்ந்தனர். முடிவு 2024-இல் வெளியாயிற்று. ஆராய்ந்த 64 பேரும் ஆண்குழந்தைகள். அவர்களுள் இரண்டு இணை, ஒரே கருவில் தோன்றிய இரட்டையர். கொடுமை இல்லை என்று நாம் சொல்லவில்லை. எனினும், கதை ஒன்றாகவும் உண்மை வேறொன்றாகவும் இருந்திருக்கிறது. அதே ஆய்வு மற்றொன்றையும் நிறுவியது. அவ்வட்டாரத்துச் சிற்றூர் ஒன்றில் இன்று வாழும் மாயர், அப்பழம் மக்களின் வழிவந்தவர்களே என்பதுதான் அது.

நண்பகலில் இக்-கில் என்னும் கிணற்றுக்குச் சென்றோம். நீராடுவோர் முதலில் குழாய் நீரில் உடலைக் கழுவிக்கொள்ள வேண்டும். வெயிலுக்குப் பூசிய பசை நீரில் கலக்கலாகாது. நிலத்தடி நீர் எங்கும் ஒன்றோடொன்று தொடர்புடையது. ஓரிடத்தில் சேர்ந்த அழுக்கு மற்றோர் ஊரின் குடிநீரில் தலைகாட்டும். பாறையைக் குடைந்த படிகளில் ஏறத்தாழ 26 மீட்டர் இறங்கினோம். மேலே வட்டமாக ஒரு துண்டு வானம். அங்கிருந்து மரவேர்கள் சடைசடையாகத் தொங்கி நீரைத் தேடுகின்றன. நீர் குளிர்ந்து கருநீலமாக இருந்தது. நீந்தத் தெரிந்தும் மகள் படியிலேயே சற்று நேரம் தயங்கி நின்றாள், பின் இறங்கினாள். இந்நீரைக் குடம் குடமாக மேலே சுமந்து சென்ற பெண்களை எண்ணிப் பார்த்தோம். விளையாட்டாக நாம் மூழ்கியெழும் நீர், ஒரு நாட்டின் உயிராக இருந்த நீர்.

உணவுக்குப் பின் மேசையருகே அமர்ந்திருந்த ஒரு பயணி, “இத்தனை பெரிய இனம் மறைந்து போயிற்றே!” என்றார். எங்கும் கேட்கும் சொல் இது. வழிகாட்டி உணவுத்தட்டுடன் எதிரில்தான் இருந்தார்; மறுமொழி ஒன்றும் சொல்லவில்லை. அம்மௌனத்துக்கு உரிய வரலாற்றை இங்கே சுருக்கமாகச் சொல்ல வேண்டும்.

ஒன்பதாம் நூற்றாண்டில் தென்பகுதி நகரங்கள் பல கைவிடப்பட்டன. போரும் பூசலும், மீண்டும் மீண்டும் வந்த வறட்சியும் காரணங்கள் என்பர்; வறட்சிக்கு ஏரிப்படிவுகள் சான்று பகர்கின்றன. நகரங்கள் வீழ்ந்தன, மக்கள் மறையவில்லை. சிச்சென் இட்சா அதன் பின்னரும் ஓங்கி நின்றது. ஸ்பானியர் வந்த பின்னும், இட்சாக்களின் கடைசித் தலைநகர் 1697 வரை அடிபணியாமல் நின்றது.

வாளினும் கொடியதாக வந்தது தீ. 1562-ஆம் ஆண்டு சூலை 12-ஆம் நாள், மானி என்னும் ஊரில், தியேகோ தே லாண்டா என்ற பாதிரியார் மாயரின் தெய்வ உருவங்களையும் ஏடுகளையும் எரித்தார். அத்தி இனத்து மரப்பட்டையில் சுண்ணம் பூசி, மடிப்பு மடிப்பாக அமைத்து எழுதிய ஏடுகள் அவை. தீக்கும் காலத்துக்கும் தப்பி இன்று உலகில் எஞ்சியிருப்பவை நான்கே நான்கு. கரையானுக்கும் வெள்ளத்துக்கும் நம் ஓலைச்சுவடிகளைப் பறிகொடுத்த நமக்கு அவ்விழப்பின் அளவு ஓரளவேனும் புரியும்.

அதே லாண்டா பின்னர்த் தாம் எழுதிய நூலில் மாயர் எழுத்துகளையும் குறித்து வைத்தார் என்பது வரலாற்றின் விந்தை. அவர் ஸ்பானிய எழுத்துகளின் பெயரை ஒவ்வொன்றாகச் சொல்லி, அதற்கு ஒத்த மாயர் எழுத்தைக் கேட்டார். எழுதியவரோ காதில் விழுந்த ஒலியை எழுதினார். லாண்டா ‘பே’ என்று சொன்னால், ‘பே’ என்னும் ஓசைக்குரிய எழுத்து வந்தது. உயிர்மெய் எழுத்தை மூன்று வயதிலேயே கற்கும் நமக்கு இதில் வியப்பில்லை. தனி மெய்யெழுத்தைத் தேடிய ஐரோப்பியருக்கோ இது நெடுங்காலம் புதிராயிற்று. ஒரு வாக்கியம் எழுதுமாறு லாண்டா கேட்டபோது, அம்மாயர் எழுதித் தந்தது ‘மா இன் காத்தி’ என்பது. ‘எனக்கு விருப்பமில்லை’ என்பது அதன் பொருள்!

1864-இல் அச்சேறிய அந்நூலைக் கொண்டு, இது அசையெழுத்து என 1952-இல் நிறுவினார் யூரி குனோரொசாவ். லெனின்கிராடில் இருந்துகொண்டு, மாயர் நாட்டைக் காணாத நிலையிலேயே இதைச் செய்தார். கல்வெட்டுகள் கூறுவன அரசர்களின் பிறப்பும் முடிசூட்டும் என்பதை 1960-இல் தத்தியானா புரொஸ்கோரியாகாவ் காட்டினார். ஊமையாய் நின்ற கற்கள் பேசத் தொடங்கின. அவ்வாறு பேச வைத்ததில் பெரும்பங்கு, எரியாமல் எஞ்சிய ஒன்றுக்கு உண்டு. மக்கள் வாயில் வாழ்ந்த மொழி அது. மொழி இறந்திருந்தால் ஓசை தெரிந்தும் பொருள் தெரியாது போயிருக்கும்.

இங்கு ஒன்றைச் சொல்லாமல் விடுதல் தகாது. பாண்டவர்க்கு மண்டபம் எடுத்த மயனே இம்மாயர் என்றும், ஆதலால் அவர்கள் நம்மவர் என்றும் நம்மிடையே சிலர் எழுதியும் பேசியும் வருகின்றனர். பெயரொலி ஒத்திருப்பது உறவுக்குச் சான்றாகாது. பண்டை நாளில் அம்மக்கள் அனைவரும் தம்மை அப்பொதுப்பெயரால் அழைத்துக்கொள்ளவும் இல்லை. பின்வந்தோர் விரித்து வழங்கிய பெயர் அது. ஏறத்தாழ 30 மொழிகள் கொண்ட மாயர் மொழிக் குடும்பம் தனிக்குடும்பம். பிறர் கட்டிய கோயிலுக்கு நம் பெயரைச் சூட்டினால் நமக்குப் பெருமை சேராது. ஏட்டைத் தீயிட்டவன் அவர்கள் நேற்றைப் பறித்தான். நாம் அவர்கள் கைவண்ணத்தையும் பறிக்க வேண்டுமா?

திரும்பும் வழியில் வழிகாட்டியின் அருகே அமர்ந்து பேசிக்கொண்டு வந்தோம். வீட்டில் மாயர் மொழி பேசுவீர்களா என்று கேட்டோம். தாமும் மனைவியும் பேசுவதாகச் சொன்னார். மகன் கான்கூன் விடுதி ஒன்றில் பணிசெய்கிறானாம். சிற்றூரிலிருந்து பிழைப்புத் தேடி நகரம் சென்ற பலருள் ஒருவன். “நான் எங்கள் மொழியில் கேட்பேன். அவன் ஸ்பானியத்தில் மறுமொழி சொல்வான். பாட்டியிடம் மட்டுமே எங்கள் மொழியில் பேசுவான்” என்றார். எங்கள் பார்வை எங்களையறியாமல் மகள் பக்கம் திரும்பிற்று. அவள் இந்தியில் ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டிருந்தாள்.

மெக்சிகோவின் 2020 மக்கள்தொகைக் கணக்கின்படி யுகாத்தான் மாயர் மொழியைப் பேசுவோர் 7,70,000-க்கும் மேற்பட்டோர். 2003-ஆம் ஆண்டுச் சட்டம் தொல்குடி மொழிகளைத் தேசிய மொழிகளாக ஏற்றுள்ளது. சட்டம் வாயிலைத் திறக்கலாம். உள்ளே விளக்கேற்ற வேண்டியவர் வீட்டார். பிறந்த மண்ணை விட்டு வேற்று மாநிலத்தில் பிள்ளை வளர்க்கும் நமக்கு இதை எடுத்துச் சொல்ல வேண்டுவதில்லை. நம் நூல்கள் அச்சில் அடுக்கடுக்காக இருக்கின்றன. ஆயினும் படிப்பார் இல்லாத ஏடும் எரிந்த ஏடும் பயனால் ஒன்றே.

விடைபெறும்போது மாயர் நலம் வினவும் முறையை எங்களுக்குச் சொல்லித் தந்தார் வழிகாட்டி. ‘பிஷ் ஆ பேல்?’ என்பர். ‘உன் வழி எப்படி?’ என்பது அதன் நேர்ப்பொருள். ‘மாலோப்’, நன்று, என விடை சொல்ல வேண்டும். எங்கள் மகள் அதை இருமுறை சொல்லிப் பழகிக்கொண்டாள். விடுதிப் படியேறும்போது, “இதைத் தமிழில் எப்படியப்பா கேட்பது?” என்றாள். ‘நலமா?’ என்ற ஒரு சொல்லை அவளுக்கு அன்றிரவு கற்பித்தோம். அவளுடைய விரலைப் பிடித்து எழுதவும் காட்டினோம்.