முசிறிக் கோரை: வயலின் இரண்டாம் விளைச்சல்

காவிரியின் வடகரையில், குளித்தலைக்கு நேர் எதிரே இருக்கிறது முசிறி. ஆற்றை ஒட்டிய பகுதி வாய்க்கால் பாசன நன்செய். நெல், வாழை, வெற்றிலைக் கொடிக்கால் என்று எப்போதும் பச்சையாக இருக்கும். வடக்கே தா.பேட்டைப் பக்கம் போகப் போக நிலம் மேடேறி மானாவாரிப் புன்செய் ஆகிவிடுகிறது. சோளமும் நிலக்கடலையும் மழையை நம்பி விளைகின்றன. இந்த வட்டாரத்தின் வேளாண்மையைப் பற்றிப் பேசுகிறவர்கள் நெல்லையும் வாழையையுமே முன்னால் வைப்பார்கள். ஆனால் தொலைதூரச் சந்தைகளில் முசிறியின் பெயரைக் கொண்டுபோய்ச் சேர்த்தது கோரைப்பாய். பாய்க்கோரைக்கு நெருங்கிய உறவான இன்னொரு கோரையைத் தமிழ்நாட்டு உழவர்கள் தலைமுறை தலைமுறையாகப் பிடுங்கி எறிந்து வந்திருக்கிறார்கள். ஒன்று பயிராகவும் மற்றது பகையாகவும் ஆனதற்குச் செடியின் குணம் பாதிக் காரணம்தான். மீதிப் பாதி நீரிலும் கூலியிலும் சந்தையிலும் இருக்கிறது. நாம் விதைக்காமலே வயலிலும் வரப்பிலும் ஆற்றுப் படுகையிலும் முளைத்தவை நம் வேளாண்மையின் இரண்டாம் விளைச்சலாக இருந்தன என்பதற்கும், அந்த விளைச்சலைக் கணக்கில் சேர்க்காமல் எழுதும் வரலாறு குறையுடையது என்பதற்கும் முசிறிக் கோரையே சான்று.

முதலில் இரண்டு கோரைகளையும் பிரித்துப் பார்க்க வேண்டும். புன்செய்க் காட்டில் உழவரை அலைக்கழிப்பது கோரைக்கிழங்குச் செடி. மண்ணுக்குள் கிழங்குகளைச் சரம் சரமாகக் கோத்து வைத்துக்கொள்ளும். உழும்போது சரம் அறுந்தால் துண்டான ஒவ்வொரு கிழங்கும் தனிச் செடியாகிவிடும். லெராய் ஹோம் முதலிய ஆய்வாளர்கள் 1977-ல் உலகின் மோசமான களைகளைத் தொகுத்தபோது முதலிடம் கொடுத்தது இதற்குத்தான். அதே கிழங்குதான் நம் சித்த மருத்துவத்தில் முத்தக்காசு என்ற மருந்து. பாய்க்கோரை இதே பேரினத்தைச் சேர்ந்த வேறு இனம். நீர் தேங்கும் இடத்தில், ஆள் உயரத்துக்குக் கணுவில்லாத தண்டாக நீண்டு வளரும். உள்ளே பஞ்சு போன்ற சோறு இருப்பதால் காய்ந்தபின் வளைந்து கொடுக்கும், முறியாது. தரங்கம்படி டேனியர் வழியாகச் சென்ற தென்னிந்தியச் செடிகளை ஆராய்ந்த கோபன்ஹேகன் தாவரவியலாளர் ராட்போல், 1770-களில் இதற்கு சைபரஸ் பாங்கோரை என்று பெயர் வைத்தார். அறிவியல் வந்து இனம்பிரிப்பதற்கு முன்பே இந்த மண்ணின் மக்கள் எந்தக் கோரை எதற்கு உதவும் என்று பிரித்து அறிந்திருந்தார்கள் என்பதை அந்தப் பெயரே காட்டிக்கொடுக்கிறது.

இந்த அறிவு எங்கிருந்து வந்தது? நெல்வயலிலிருந்துதான். தொழி உழவு உழுது, நீர் கட்டி, நாற்று நடும் வயல் உண்மையில் மனிதர் கையால் ஆன ஒரு சதுப்பு நிலம். குளத்திலும் ஓடையிலும் வளரும் செடிகளெல்லாம் அங்கே தானாக வந்து குடியேறும். கம்பர் தம் நாட்டுப்படலத்தில் உழவர் பறிக்கத் தயங்கும் களைகளாகப் பாடுவது தாமரையையும் குவளையையும் ஆம்பலையும்தான். கவிஞரின் கற்பனையை விலக்கிவிட்டுப் பார்த்தாலும், சோழநாட்டு நெல்வயலில் நீர்த்தாவரங்கள் மலிந்திருந்தன என்ற செய்தி அதில் மிஞ்சுகிறது. ஆரைக்கீரையும் பொன்னாங்கண்ணியும் கரிசலாங்கண்ணியும் வல்லாரையும் நன்செயின் ஈரத்தில் கிடைத்தவை. பண்ணைக்கீரையும் சாரணையும் மேட்டுக்காட்டில் முளைத்தவை. களை எடுக்கப் போன பெண்கள் கூலியோடு மடியில் கட்டிக்கொண்டு வந்த கீரை அன்றைய குழம்புக்கு ஆயிற்று. புல் மாட்டுக்குப் போயிற்று. வரப்பிலும் தரிசிலும் கிடந்த கொழிஞ்சியும் ஆவாரையும் எருக்கும் தழை உரமாகி வயலுக்கே திரும்பின. நிலம் இல்லாதவருக்கும் வயலில் ஒரு பங்கு இருந்தது என்றால், அது பெரும்பாலும் இந்தச் செடிகள் வழியாகத்தான்.

கோரை இந்த இரண்டாம் விளைச்சலிலிருந்து முதல் விளைச்சலுக்கு உயர்ந்த செடி. காவிரிக்கும் கரைக்கும் இடைப்பட்ட படுகை நிலம் வண்டலால் செழித்தது. ஆனால் வெள்ளத்துக்கு எப்போதும் திறந்து கிடந்தது. 1934-ல் மேட்டூர் அணை வரும்வரை தமிழ்ப் பகுதியில் ஆற்றின் பெருக்கைத் தடுத்து நிறுத்தும் பெரிய அணை மேலே இல்லை. 1924 ஜூலையில் வந்த பெருவெள்ளம் காவிரிக்கரை ஊர்கள் நெடுங்காலம் பேசிய அழிவு. அப்படிப்பட்ட நிலத்தில் ஆண்டுதோறும் உழுது விதைப்பது துணிச்சலான காரியம். கோரைக்கு அந்த அச்சம் இல்லை. அதை விதை போட்டு வளர்ப்பதில்லை, வேர்க்கிழங்கைப் பெயர்த்து நடுகிறார்கள். ஒருமுறை வேர் பிடித்துவிட்டால் பல ஆண்டுகள் மறுநடவு வேண்டாம். அறுக்க அறுக்கத் துளிர்க்கும். வெள்ளம் மூடினாலும் வடிந்தபின் தழைக்கும். அறுத்த கோரையை உதறி, நீளவாரியாகப் பிரித்து, வெயிலில் காயப்போட்டுக் கட்டுகிறார்கள். முசிறி, தொட்டியம், அக்கரையில் கரூர்ப் பக்கம், மேற்கே மோகனூர் வரை காவிரியின் இரு கரைகளிலும் இது தொழிலாக நிலைத்தது. உலகெங்கும் பயிர்கள் சில இப்படித்தான் பிறந்தன. கோதுமை வயலில் களையாக நுழைந்த ரை, கடுங்குளிர் நாட்டில் தானே பயிராகிவிட்டது என்று ரஷ்ய அறிஞர் வவிலோவ் நிறுவினார். நம் குதிரைவாலியின் மூதாதை நெல்வயலில் இன்றும் களையாக நிற்கும் ஒரு புல்.

களையை விளைச்சலாகக் கணக்கிடும் இந்த வாதத்துக்கு எழும் முதல் மறுப்பு வலுவானது. களையைப் போற்றிப் பேசுவது வயலில் இறங்காதவர் வேலை. கொடியவரைத் தண்டிக்கும் அரசனுக்குக் களை எடுக்கும் உழவனை ஒப்பிட்ட வள்ளுவர் களையின் பக்கம் நிற்கவில்லையே என்று கேட்கலாம். உண்மைதான். நெல்லின் ஒளியையும் உரத்தையும் பறிக்கும் செடியை எடுக்காமல் விட்டால் விளைச்சல் விழும். கோரைக்கிழங்கு மண்டிய காட்டைக் கண்ட எவரும் அதை வாழ்த்தமாட்டார். ஆனால் களை எடுப்பதும் எல்லாச் செடியையும் ஒழிப்பதும் வேறு வேறு காரியங்கள். பழைய உழவர் நாற்று நெருக்கத்தாலும் நீரின் ஆழத்தாலும் கை வேலையாலும் களையை அடக்கினார்கள். வேரோடு அழிக்க முனையவில்லை. வயலுக்குள் பகையான செடிக்கு வரப்பில் இடம் இருந்தது. உயரமாக வளர்ந்த பழைய நெல் ரகங்கள் தங்கள் நிழலாலேயே கீழே முளைப்பதை ஒடுக்கின. 1966-க்குப் பின் வந்த ஐ.ஆர்.8 போன்ற குட்டை ரகங்கள் மணியை அதிகம் தந்தன. ஆனால் அவற்றின் அடியில் வெளிச்சம் தாராளமாக விழுந்தது, இட்ட உரத்தைக் களையும் சேர்ந்து தின்றது. களை முன்னைவிடப் பெரிய சிக்கலானதற்கு வயலின் இந்த மாற்றமும் காரணம்.

இரண்டாவது மறுப்பு கூலியைப் பற்றியது. குனிந்த முதுகோடு சேற்றில் நின்று பெண்கள் செய்த வேலை அது, குறைந்த கூலி, அதிலிருந்து களைக்கொல்லி விடுதலை கொடுத்தது என்பார்கள். இந்த வாதத்தைத் தள்ளிவிட முடியாது. அந்த உழைப்பின் வலியை அழகுபடுத்துவது அநியாயம். ஆனால் கணக்கை முழுதாகப் போட வேண்டும். 1940-களில் உருவான 2,4-டி போன்ற மருந்துகள் அகன்ற இலைச் செடிகளையும் கோரை வகைகளையும் தாக்கின. கைக்குத் தெரிந்த வேறுபாடு மருந்துக்குத் தெரியாது. கோரையோடு பொன்னாங்கண்ணியும் கரிசலாங்கண்ணியும் போயின. வேலை குறைந்த பெண்களுக்குக் கூலியும் கீரையும் சேர்ந்தே குறைந்தன. அண்டை வெட்டிச் சீர் செய்த வரப்புகளுக்கும் மருந்தடிக்கும் வழக்கம் வந்தபோது, நெல்லுக்கு எந்தக் கெடுதலும் செய்யாத செடிகள் வீணாக அழிந்தன. வயலுக்குள் களைக்கொல்லி தேவை என்று ஒருவர் வாதிடலாம். வரப்புக்குத் தேவை என்பதற்கு வலுவான காரணம் எதுவும் இல்லை.

மூன்றாவதாக, கோரையே இன்று ஏக்கர் கணக்கில் நிற்கும் தனிப்பயிர்தானே, அதையும் சதுப்பின் பன்மையையும் எப்படி ஒன்றாகப் பேசலாம் என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. கோரைத் தோட்டம் நிறைய நீர் குடிக்கும். தனக்குள் வேறு செடியை அதிகம் விடாது. ஒரு காட்டுச் செடி பயிரானவுடன் அதன் உறவுகள் அந்த நிலத்திலிருந்து விலக்கப்படுகின்றன என்பதும் இந்த வரலாற்றின் பகுதிதான். ஆயினும் ஆண்டுதோறும் உழாமல் வேரால் மண்ணைக் கட்டிவைக்கும் பயிர், கரையோரப் படுகைக்கு வேறு பல பயிர்களைவிடப் பொருத்தமானது. பிளாஸ்டிக் பாய் மலிவு என்பதற்காக இதைக் கைவிட்டால் நெசவாளர் மட்டும் நட்டப்படுவதில்லை. படுகையும் காவலை இழக்கிறது. ஆற்றில் மணல் அள்ளி அடிமட்டம் தாழ்ந்தால் படுகையின் ஈரமும் தாழும். ஈரம் போன இடத்தில் கோரை நிற்காது.

திருச்சி புனித வளனார் கல்லூரியின் ராபினாட் தாவரக் காப்பகத்தை 1967-ல் தொடங்கிய அருட்தந்தை கே.எம். மேத்யூ, தமிழ்நாட்டுக் கர்நாடகச் சமவெளியின் செடிகளை ஊர் ஊராகத் திரட்டிப் பெருநூலாக்கினார். பயிர், களை என்று பாராமல் எல்லாச் செடிக்கும் அதில் இடம் உண்டு. அந்தப் பார்வை ஊராட்சிகளுக்கும் வேண்டும். 2002-ஆம் ஆண்டின் பல்லுயிர்ச் சட்டப்படி ஒவ்வொரு உள்ளாட்சியும் மக்கள் பல்லுயிர்ப் பதிவேடு எழுத வேண்டும். முசிறி வட்டாரத்துப் பதிவேடுகளில் நெல் ரகங்களுக்கும் வாழை ரகங்களுக்கும் அடுத்த பக்கத்தில் படுகைக் கோரையும், வரப்புக் கொழிஞ்சியும், ஆரைக்கீரையும், அவற்றை அறிந்த களையெடுக்கும் பெண்களும் கோரை அறுப்பவர்களும் சொல்லும் பயன்களும் ஏற வேண்டும். அந்த அறிவு உள்ளவர்கள் நம்மிடையே இருக்கும்போதே இதைச் செய்தாக வேண்டும். உழவர்களும் வரப்புக்கு மருந்தடிப்பதை இந்தப் பருவத்திலேயே நிறுத்தலாம்.