சேறு தின்ற நகரம்

எபேசஸ் இடிபாடுகளைப் பார்க்கப் போகிறவர்கள் முதலில் தேடுவது கடலைத்தான். துறைமுக நகரமாச்சே! ம்ஹும். துருக்கியின் மேற்கே இருக்கும் அந்த ஊரிலிருந்து கடல் இன்றைக்குச் சில கிலோ மீட்டர் தள்ளிப் போய்விட்டது. பளிங்கு பாவிய துறைமுகத் தெரு மட்டும் நேராகப் போய், சதுப்பு நிலத்தில் முடிகிறது.

கிரேக்கர்கள் உருவாக்கி, ரோமானியர்கள் வளர்த்த நகரம். சுமார் 25,000 பேர் உட்காரக்கூடிய அரங்கம். ஏழு அதிசயங்களில் ஒன்றான ஆர்ட்டெமிஸ் கோயில். கி.மு. 356ல் ஹெரோஸ்ட்ராட்டஸ் என்கிற ஆசாமி, தன் பெயர் நிலைக்கவேண்டும் என்பதற்காகவே அந்தக் கோயிலைக் கொளுத்தினான். ஊர் அசரவில்லை. முன்னைவிடப் பிரமாதமாகக் கட்டிக்கொண்டது.

ஆனால், நிஜமான வில்லன் கெய்ஸ்டர் நதி. அது கொண்டுவந்து கொட்டிய வண்டல், துறைமுகத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக மேடாக்கியது. கி.மு. இரண்டாம் நூற்றாண்டில் பெர்கமம் மன்னர் இரண்டாம் அட்டாலஸ் ஒரு யோசனை செய்தார். துறைமுகத்தின் வாய் ரொம்ப அகலம். குறுக்கே கரை எழுப்பிச் சுருக்கினால் ஆழம் கூடும், பெரிய கப்பல்கள் வரும். பொறியாளர்களும் தலையாட்டினார்கள்.

நடந்ததோ தலைகீழ். அதுவரை வண்டலை வெளியே இழுத்துப்போய்க் கொண்டிருந்ததே கடல் அலைதான். கரை அதைத் தடுத்துவிட்டது. சேறு உள்ளேயே தங்கிவிட்டது. ஸ்ட்ராபோ இதை விலாவாரியாக எழுதியிருக்கிறார்.

அப்புறம் நீரோ காலத்தில் தூர் வாரினார்கள். ஹேட்ரியன் நதியையே திருப்பிப் பார்த்தார். பலிக்கவில்லை. கப்பல் வராத ஊரில் வியாபாரிக்கு என்ன வேலை?

கொளுத்தியவன் பெயர் சரித்திரத்தில் இருக்கிறது. கரை கட்டியவர்கள் பெயரை ஸ்ட்ராபோ எழுதவில்லை. ஊரை முடித்ததில் பெரிய பங்கு அவர்களுடையது.