ஒரு பகலிற் காணும் யாழ்ப்பாணம்

யாழ்ப்பாண நகரிலிருந்து குறிகட்டுவான் துறைக்குச் செல்லும் பெருந்தெரு, பண்ணைக் கடலைத் தாம்போதியாற் கடந்து, அல்லைப்பிட்டி, மண்கும்பான், வேலணை என்னும் ஊர்களினூடாக ஓடி, மீண்டும் ஒரு கடற்றாம்போதியின் மேலேறி மடத்துவெளியிற் புங்குடுதீவைத் தொடுகின்றது. ஏறக்குறைய 30 கிலோமீற்றர் நீளமான இத்தெருவில் 2009 ஆம் ஆண்டின் பின்னர்த் தென்னிலங்கை யாத்திரிகரின் பஸ் வண்டிகளும், பிறநாட்டார் வாடகைக்கு அமர்த்தும் சிறு வண்டிகளும் பெருந்தொகையாகச் செல்லத் தொடங்கின. காலையிற் கோட்டையும் நூலகமும் நல்லூரும், பின்னர் நயினாதீவு, பொழுது மிஞ்சினாற் காரைநகர்க் கசூரினாக் கடற்கரை. இவ்வளவோடு யாழ்ப்பாணம் காணப்பட்டதாயிற்று. மடத்துவெளியில் இவ்வண்டிகள் நிற்பதில்லை. நிற்றற்குரிய காட்சி யாதும் அங்கில்லை என்பது வழிகாட்டிகளின் கருத்துப் போலும்.

இவ்வாறு வந்து விரைந்து மீள்வது இக்காலத்தார் கண்ட புதுவழக்கன்று. யாழ்ப்பாணத்தைப் பற்றி வெளியுலகம் அறிந்தவற்றுள் ஒரு பெரும்பகுதி, இங்கே சில நாட்களேனும் சில மணிநேரமேனும் தங்கிச் சென்றோர் வாய்மொழியாற் பரவியதேயாம். ஆதலின், வந்தவர் எதனைக் கண்டனர், எதனைக் காணாது சென்றனர், அவர்க்குக் காட்டியவர் யாவர் என்பன சரித்திர மாணவர் ஆராயத்தக்க வினாக்களாகும்.

முதலில் நினைக்கப்படுபவர் மொறொக்கோ நாட்டு யாத்திரிகராகிய இபன் பதூதா. 1344 ஆம் ஆண்டில் அவர் இலங்கையில் வந்திறங்கிய இடம் புத்தளப் பகுதி. அங்கே ஆரியச்சக்கரவர்த்தியைச் சந்தித்தார். அரசன் பாரசீக மொழியை விளங்கிக் கொண்டான் என்றும், முத்துக்குளிப்பிற் பெற்ற முத்துக்களைக் காட்டினான் என்றும், சிவனொளிபாத மலைக்குச் செல்லப் பல்லக்கும் துணைவரும் உதவினான் என்றும் எழுதி வைத்தார். நல்லூரை அவர் காணவில்லை. ஆயினும் அக்காலத்து யாழ்ப்பாண அரசனின் கடல்வலியையும் செல்வத்தையும் பற்றிப் பேசுவோர் எவரும் இன்றும் அவர் கூற்றையே முதற்சான்றாக எடுக்கின்றனர். தலைநகரைக் காணாத ஒருவர் அந்நகரத்து அரசனுக்குச் சாட்சியானமை வியப்பே. கண்டதைக் கண்டவாறு எழுதினாராதலின் அச்சாட்சி நிலைத்தது.

போர்த்துக்கேயர் 1619 இல் யாழ்ப்பாண அரசைக் கைப்பற்றினர். 1621 இல் நல்லூர்க் கந்தசுவாமி கோயில் ஒலிவேறாவினால் இடிக்கப்பட்டது. 1658 இல் ஒல்லாந்தர் கோட்டையை முற்றுகையிட்டு வென்றனர். அவர்களோடு வந்த பால்தேயு பாதிரியார் குறுகிய காலப் பயணியல்லர். சில ஆண்டுகள் இங்கிருந்து ஊர்தோறுஞ் சென்றவர். 1672 இல் ஒல்லாந்த மொழியில் வெளிவந்த அவருடைய பெருநூலில் யாழ்ப்பாணத்துக் கோயிற்பற்றுக்களின் படங்களும் விவரங்களும் உள. தீவுகளுக்கு ஒல்லாந்தர் தம் நாட்டு நகரங்களின் பெயரைச் சூட்டினர். நெடுந்தீவு டெல்வ்ற் ஆயிற்று; வேலணை லெய்டன் ஆயிற்று; காரைதீவு அம்ஸ்ரர்டாம் ஆயிற்று; நயினாதீவு ஹார்லெம் ஆயிற்று; புங்குடுதீவு மிடெல்பேர்க் ஆயிற்று. இவற்றுள் டெல்வ்ற் என்னும் ஒரு பெயரே பொதுவழக்கில் நிலைத்தது. மிடெல்பேர்க் என்றால் இன்று புங்குடுதீவாரே திகைப்பர். வந்தவர் இடும் பெயர் வரைபடத்தில் ஏறுதல் எளிது, வாயில் ஏறுதல் அரிது.

ஒல்லாந்தர் ஆட்சியிலேயே மயில்வாகனப் புலவர் யாழ்ப்பாண வைபவமாலையை இயற்றினார். மேக்கறூன் என்னும் ஒல்லாந்த அதிகாரி கேட்டுக் கொண்டமையால் அந்நூல் எழுந்தது என்பது அதன் பாயிரத்தாற் புலனாம். இது கருதற்பாலது. அந்நியன் ஒருவன் வந்து, 'இந்நாட்டின் வரலாறு யாது?' என்று கேட்டபோது, உள்ளூர்ப் புலவரொருவர் முன்னூல்களையும் செவிவழிச் செய்திகளையும் தொகுத்து விடை கூறினார். அவ்விடையிற் பிழைகள் உளவென்று பிற்கால ஆராய்ச்சியாளர் பலவாறு காட்டினர். எனினும் விடை கூறியவர் இந்நாட்டவர். கூறிய மொழி தமிழ். இன்று கோட்டை வாயிலில் வண்டி நிற்க, இறங்கியவர் கேட்கும் வினாவும் மேக்கறூன் கேட்ட அவ்வினாவே. விடை கூறுவார் யாவர் என்பதே வேறுபாடு.

புகையிரதம் வருமுன் யாழ்ப்பாணத்தை அடைதல் கடலாலோ காட்டுவழியாலோ கூடியதாயிருந்தது. 1897 ஆம் ஆண்டு தை மாதத்தில் சுவாமி விவேகானந்தர் கண்டியிலிருந்து மாத்தளை, அனுராதபுரம், வவுனியா வழியாகக் குதிரை வண்டியில் வந்தார். தம்புள்ளைக்கு அப்பால் ஓர் இறக்கத்தில் வண்டிச்சில் உடைந்து வழியிலே சில மணிநேரம் காத்திருக்க நேர்ந்தது. யாழ்ப்பாணத்தில் அவர் தங்கியது மிகச் சில நாட்களே. தீவட்டி ஊர்வலமாக இந்துக் கல்லூரிக்கு அழைத்துச் செல்லப்பட்டார். அங்கே வேதாந்தத்தைப் பற்றி ஒரு மணிநேரத்துக்கு மேலாக விரிவுரையாற்றினார். பின்னர்க் கடல்வழியாகப் பாம்பனுக்குச் சென்றார். காட்சிகளைக் காணுதற்கு அவருக்கு நேரம் இருந்திராது. யாழ்ப்பாணமே அவரைக் காண வந்தது. அவ்விரிவுரை கொழும்பு முதல் அல்மோறா வரையான சொற்பொழிவுத் தொகுதியில் இடம்பெற்று, யாழ்ப்பாணம் என்னும் பெயரை அந்நூல் சென்றவிடமெல்லாம் கொண்டு சென்றது.

1905 இன் தொடக்கத்தில் ஆங்கில அரசாங்க உத்தியோகத்தராய் வந்த லெனாட் வூல்வ் அனுராதபுரம் வரை புகையிரதத்திலும், அங்கிருந்து ஆனையிறவு வரை தபால் வண்டியிலும் வந்து, மீண்டும் புகையிரதம் ஏறி யாழ்ப்பாணத்தை அடைந்தார். வடக்கிலே காங்கேசன்துறைப் பக்கத்துப் பாதை 1902 இலிருந்தே ஓடியது. இடையிற் காடு எஞ்சி நின்றது. 1905 இல் அவ்விடைவெளி இணைந்ததும் கொழும்பிலிருந்து யாழ்ப்பாணத்துக்கு வந்து மீளுதல் சில நாள் அலுவலாயிற்று. 1927 கார்த்திகையில் வாலிபர் காங்கிரசின் அழைப்பில் வந்த காந்தியடிகள் புகையிரதத்திலேயே வந்தார். அவரும் தங்கியது சில நாட்களே. போரினால் 1990 இல் அப்பாதை அறுந்தது. மீண்டும் யாழ்ப்பாண நிலையத்திற் புகையிரதம் வந்து நின்றது 2014 ஒக்டோபரில். ஒரு தலைமுறைக் காலம் வெளியாருக்கு இந்நகரம் பத்திரிகைப் படமாக மாத்திரம் இருந்ததென்றால் மிகையன்று.

இனி, இக்காலத்து வருவோர் காண்பவற்றை நோக்குவோம். கோட்டையின் ஐங்கோண வடிவம் ஒல்லாந்தருடையது. அதன் வெளியரண்கள் முற்றுப்பெற்றது 1792 இல். மூன்று ஆண்டு கழித்து 1795 இல் அது ஆங்கிலர் வசமாயிற்று. நூற்றாண்டுக்கு மேலாகக் கட்டிய அரண் கட்டியோருக்குப் பயன்பட்டது மூன்றே ஆண்டு. உள்ளே 1706 இல் எழுந்த தேவாலயம் அண்மைக் காலப் போரிலே இடிந்து கற்குவியலாயிற்று. ஒல்லாந்தக் கோட்டை என்று காட்டுமிடத்து, அதனைச் சிதைத்த இறுதிப்போர் 17 ஆம் நூற்றாண்டினதன்று என்பதையும் உடன் கூறினாலன்றிக் காண்பார்க்கு இடிபாடு விளங்காது. நூலகத்தின் நிலையும் அதுவே. 1981 ஆனி முதலாந் திகதி விடியுமுன் எரிந்து சாம்பரான ஏறத்தாழ 97,000 நூல்களையும் ஏடுகளையும் பற்றி ஒரு சொல்லும் கூறாது, 'அழகிய வெண்ணிறக் கட்டடம்' என்று மாத்திரம் காட்டிச் செல்லும் வழிகாட்டி, கட்டடத்தைக் காட்டினானேயன்றி நூலகத்தைக் காட்டினானல்லன்.

நல்லூரில் இதற்கு மாறான இடர்ப்பாடு உண்டு. மந்திரிமனை சங்கிலியன் காலத்து அமைச்சன் இல்லம் என்று வருவோர்க்குச் சொல்லப்படுகின்றது. அக்கட்டடத்தின் அமைப்பு ஐரோப்பியர் காலத்தின் சாயலுடையது. அரசர் காலத்து இல்லம் அவ்விடத்தில் இருந்திருக்கலாமெனினும், இன்று நிற்பது அதுவன்று. கந்தசுவாமி கோயிலும் 18 ஆம் நூற்றாண்டில், 1734 அளவில், குருக்கள் வளவில் எழுந்ததாகும். இடிக்கப்பட்ட பழங்கோயில் நின்றது முத்திரைச்சந்திப் பக்கம். நம்மவர் பெருமைக்காகக் கூறும் பிழையும் பிழையே. ஓர் இடத்திற் பொய்த்த வழிகாட்டியை மற்றோரிடத்தில் மெய் சொன்னபோதும் எவரும் நம்பார்.

பஸ் வண்டிகளில் வருவோரிற் பெரும்பாலார் நாகதீப விகாரையை நாடி வருபவர். மகோதரன், சூளோதரன் என்னும் நாக அரசர் இருவர் மணியாசனத்தின் பொருட்டுப் பிணங்கினர் என்றும், புத்தர் நாகதீபத்துக்கு எழுந்தருளிப் பிணக்கைத் தீர்த்தார் என்றும் மகாவம்சம் கூறும். மணிமேகலையின் மணிபல்லவமும் இதனையொத்த கதையுடையது. அதனை நயினாதீவென்று கொள்வாரும் மறுப்பாரும் உளர். ஆயின் நாகதீபம் என்ற பெயர் பண்டு ஒரு சிறு தீவை மாத்திரம் குறித்ததன்று. 1936 இல் வல்லிபுரத்தில் எடுக்கப்பெற்ற பொன்னேடு, வசப மன்னன் காலத்தில் இசிகிரய என்னும் அமைச்சன் நாகதீபத்தை ஆண்டமையைக் குறிப்பிடுகின்றது. வல்லிபுரம் வடமராட்சியிலுள்ளது. ஆகவே குடாநாடு முழுவதும் அப்பெயர் பெற்றிருந்ததென்று பரணவிதான முதலியோர் கொண்டனர். கந்தரோடையில் போல் ஈ. பீரிஸ் 1917 முதல் அகழ்ந்து கண்ட பௌத்த எச்சங்களும், ஆனைக்கோட்டையில் 1980 இல் வெளிப்பட்ட பெருங்கற்காலப் புதைகுழியும் அங்கே கிடைத்த எழுத்துப் பொறித்த முத்திரையும், இந்நிலத்திற் சமயத்துக்கும் மொழிக்கும் இடையில் இக்காலத்தார் இட்ட வேலி முற்காலத்தில் இருக்கவில்லை என்பதைக் காட்டும். பௌத்தராயிருந்த தமிழர் உண்டென்பதைத் தமிழ் மாணவர் மறத்தலும், சிங்கள யாத்திரிகர் அறியாதிருத்தலும் ஒத்த குறைபாடுகளே.

நயினாதீவுக்குச் செல்லும் வழியிலேயே இன்னுஞ் சில உள. அல்லைப்பிட்டியில் 1977 இற் சீனநாட்டுச் சொங் வமிசக் காலத்து மட்பாண்டச் சிதைவுகள் மிகுதியாக வெளிப்பட்டன. வண்டிகள் அவ்விடத்தைச் சில நிமிடங்களிற் கடந்துவிடும். பெருங்கடல் வணிகர் வந்து போன கரையின் ஓரமாகவே செல்கின்றோமென்று வண்டியிலிருப்போர்க்குச் சொல்வார் இலர்.

மடத்துவெளியைக் கடந்ததும் தெருவின் இருமருங்கும் பூட்டிய வீடுகளும் பாழ்வளவுகளும் காணப்படும். 1990, 1991 ஆம் ஆண்டுகளிற் போர் தீவுப்பகுதியைத் தாக்கியபோது மக்கட் பெரும்பாலார் தோணியேறியும் நடந்தும் வெளியேறினர். கனடா, பிரான்சு, சுவிற்சர்லாந்து முதலிய நாடுகளிற் குடியேறியோர் பலர். இதற்கு முன்னும் புங்குடுதீவார் வெளியூர் சென்றவரே. தென்னிலங்கை நகரங்களிற் கடையும் உணவுச்சாலையும் நடத்தி, ஆண்டுத் திருவிழாவுக்கு ஊர் திரும்பும் வணிகராய் அவர் பெயர் பெற்றிருந்தனர். காலி, கொழும்பு, கண்டிப் பக்கத்திலிருந்து இன்று வரும் யாத்திரிகருட் சிலருடைய பாட்டனார் புங்குடுதீவார் கடையில் தேநீர் அருந்தியிருத்தல் கூடும். பேரப்பிள்ளைகள் அக்கடைக்காரரின் பூட்டிய வீட்டுப்படலையைக் கடந்து செல்கின்றனர். அவ்வீடு யாருடையதென்பதும் ஒரு சரித்திரமே. அதற்கு எவ்வளவு நேரம் வேண்டும்? வண்டி தாம்போதியைக் கடக்கும் நேரம் போதும்.

குறிகட்டுவானிலிருந்து மோட்டார்ப் படகில் ஏறியோர் சிறிது நேரத்தில் நயினாதீவை அடைவர். அங்கே நாகபூஷணி அம்மன் கோயிற் சூழலில் முதலாம் பராக்கிரமபாகுவின் தமிழ்க் கல்வெட்டொன்று உள்ளது. 12 ஆம் நூற்றாண்டினதாகிய அதனைக் கா. இந்திரபாலா 1963 இல் ஆராய்ந்து வெளியிட்டார். ஊராத்துறை, அதாவது ஊர்காவற்றுறை, பரதேச வணிகர் வந்திறங்கற்குரிய துறை என்றும், அங்கு வருவோர் காக்கப்படவேண்டும் என்றும் அது விதிக்கின்றது. யானையும் குதிரையும் ஏற்றி வரும் கலம் உடைந்தால் நாலிலொரு பங்கு பண்டாரத்துக்கும் மூன்று பங்கு உடையவனுக்கும் உரியன. வேறு சரக்கேற்றிய கலம் உடைந்தால் இருபாற்கும் செம்பாதி. யானையும் குதிரையும் படைக்கு வேண்டியனவாதலின், அவற்றைக் கொணர்வோர்க்கு அரசன் கூடுதலான சலுகை அளித்தான் என்க.

பொலனறுவையில் வீற்றிருந்த சிங்கள மன்னன், தமிழ்க் கரையில், தமிழ் மொழியில், கடல்கடந்து வரும் அந்நியரின் பாதுகாப்புக்காக வெட்டுவித்த ஆணை அது. போர்த்துக்கேயர் காலத்தில் அழிந்த கோயில் 1788 அளவில் மீள எழுந்தது, கல்லும் எஞ்சியது. விகாரையைத் தரிசித்து அம்மன் கோயிலுக்கும் நடந்து வரும் தென்னிலங்கை யாத்திரிகர் பலர். அவருள் எழுத்தைக் கண்டு நின்று, 'இஃது என்ன?' என்று கேட்போரும் சிலர் உளர். விடை கூறுவோர் இருப்பின், மீள்படகு புறப்படுமுன் அதனை வாசித்துப் பொருள் கூறி முடிக்கலாம்.