வாயில் நெருப்பை அடக்கிய அரசன்

சரஸ்வதி ஆற்றங்கரையில் ஓர் அரசன் வாயை இறுக மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். புரோகிதர் கோதம ராகூகணர் கூப்பிடுகிறார், பதில் இல்லை. மறுபடியும் கூப்பிடுகிறார், அப்போதும் இல்லை. அரசனுக்குக் கோபமும் இல்லை, மௌன விரதமும் இல்லை. அவன் வாய்க்குள் அக்னி இருக்கிறது. பேசினால் கீழே விழுந்துவிடும்.

புரோகிதர் அக்னியை அழைக்கும் மந்திரங்களைச் சொல்லிப் பார்க்கிறார். முதல் மந்திரத்துக்கு அரசன் அசையவில்லை. இரண்டாவதற்கும் அப்படியே. மூன்றாவது மந்திரத்தில் 'நெய்' என்ற சொல் வருகிறது. அவ்வளவுதான், அக்னியால் பொறுக்க முடியவில்லை. வாயிலிருந்து குபீரென்று கிளம்பித் தரையில் குதித்து, கிழக்கு நோக்கி எரித்துக்கொண்டே ஓடுகிறது. அரசனும் புரோகிதரும் பின்னாலேயே ஓடுகிறார்கள். வழியில் இருந்த ஆறுகளையெல்லாம் எரித்து வற்றவைத்த நெருப்பு, இமயத்திலிருந்து இறங்கும் சதாநீரா என்ற ஆற்றங்கரையில் நின்றுவிடுகிறது. "நான் எங்கே தங்குவது?" என்று அரசன் கேட்கிறான். "ஆற்றுக்குக் கிழக்கே" என்கிறது அக்னி.

அரசன் பெயர் விதேக மாதவன். மாதவன் என்றதும் கண்ணனை நினைத்துக்கொள்ள வேண்டாம். வடமொழியில் எழுத்து வேறு, நம் 'த'தான் இரண்டையும் ஒன்றாக்கிவிடுகிறது. அவன் குடியேறிய நாடு விதேகம், இன்றைய பீகாரின் மிதிலைப் பகுதி. சதாநீரா என்பது கண்டகி ஆறு என்று பெரும்பாலான அறிஞர்கள் கருதுகிறார்கள்.

கதை வருவது சதபத பிராமணத்தின் முதல் காண்டத்தில். பிராமணம் என்பது இங்கே நூல்வகையின் பெயர், வேள்வியை எப்படிச் செய்வது, ஏன் செய்வது என்று விளக்கும் உரைநடை. கி.மு. 8ஆம் நூற்றாண்டை ஒட்டியது என்று வைத்துக்கொள்ளலாம். கதை சொல்பவர் ஒரு தகவலையும் சேர்க்கிறார்: முன்பு அந்தணர்கள் இந்த ஆற்றைத் தாண்டியதில்லை, அக்கரை சதுப்பாகக் கிடந்தது. இப்போது பலர் அங்கே இருக்கிறார்கள், வேள்விகளால் அந்த மண் பண்பட்டுவிட்டது. கடுங்கோடையிலும் ஆறு மட்டும் சில்லென்று ஓடுகிறதாம், அக்னி தொடாததால்.

காட்டை எரித்து நிலம் திருத்திய நினைவு இது என்றார் வரலாற்றறிஞர் டி.டி. கோசாம்பி. இருக்கலாம். ஆனால் கதை சொன்னவருக்கு விளைநிலத்தைவிட முக்கியமாகப் பட்டது வேறொன்று: நெருப்பு போன இடம்தான் வேதகால மக்களுடைய ஊர். கோயிலும் சிலையும் அவர்களுக்கு இல்லை, புனிதத் தலமும் இல்லை. தெய்வத்தை வாயில் அடக்கிக்கொண்டு நடக்கலாம்.

இவர்களின் மிகப் பழைய நூலான ரிக்வேதத்தின் 1,028 பாடல்கள் கி.மு. 1500க்கும் 1000க்கும் இடையில் பெரும்பாலும் பஞ்சாப் ஆறுகளை ஒட்டி உருவானவை. கால்வாசிப் பாடல்கள் இந்திரனுக்கு, அடுத்த பெரும்பங்கு அக்னிக்கு. இன்று நாம் பெரிய தெய்வங்களாகக் கும்பிடும் விஷ்ணுவுக்கும், பிற்காலச் சிவனின் முன்னோடியான ருத்ரனுக்கும் கிடைத்தவை சொற்பம். ரிக்வேதத் தெய்வங்களில் சிலர் இந்தியாவுக்கு வெளியேயும் தலைகாட்டுகிறார்கள். துருக்கியில் போகாஸ்கோய் என்ற இடத்தில் தோண்டியெடுத்த களிமண் பலகையில், கி.மு. 14ஆம் நூற்றாண்டில் ஹிட்டைட் அரசனும் மிதன்னி அரசனும் செய்த உடன்படிக்கைக்குச் சாட்சிகளாக மித்திரன், வருணன், இந்திரன், நாசத்தியர் பெயர்கள் இருக்கின்றன.

கட்டடம் இல்லாத சமயத்தில் எது மாறாமல் நின்றது? ஒலி. வேதத்துக்கு 'எழுதாக் கிளவி' என்று தமிழில் ஒரு பெயர் உண்டு, நல்ல பெயர். ஒரு சொல்கூட நழுவாமலிருக்க, கன பாடத்தில் சொற்களை முன்னும் பின்னுமாகக் கோத்துச் சொல்வார்கள்: ஒன்று-இரண்டு, இரண்டு-ஒன்று, ஒன்று-இரண்டு-மூன்று, மூன்று-இரண்டு-ஒன்று, மறுபடி ஒன்று-இரண்டு-மூன்று. பிறகு இரண்டாவது சொல்லிலிருந்து திரும்பவும் தொடக்கம். ஒலி பிசகினால் என்ன ஆகும் என்பதற்கும் கதை வைத்திருக்கிறார்கள். துவஷ்டா என்பவன் இந்திரனைக் கொல்ல ஒருவனை வேள்வித் தீயிலிருந்து உண்டாக்குகிறான். 'இந்திரசத்ரு' வளரட்டும் என்று மந்திரம். இந்திரனைக் கொல்பவன் என்று சொல்ல நினைத்தான், அழுத்தம் இடம் மாறியதால் இந்திரனால் கொல்லப்படுபவன் என்று பொருளாகிவிட்டது. பிறந்த விருத்திரன் அப்படியே செத்தான். சரியாகச் சொன்ன சொல்லுக்கு உலகத்தையே நடத்தும் வலிமை உண்டு என்ற நம்பிக்கைதான் இதற்கெல்லாம் அடி. அந்த வலிமைக்கு ஆதியில் வைத்த பெயர் பிரம்மம். அதைக் கையாளத் தெரிந்தவர் பிராமணர். செலவு செய்து பலன் பெறுபவர் யஜமானர், பெரும்பாலும் அரசரோ செல்வரோ. புரோகிதருக்குப் பசுவும் பொன்னும் தட்சிணை. நான்கு வருணத்தை ஒரே உடலின் உறுப்புகளாகச் சொல்லும் புருஷ சூக்தம் ரிக்வேதத்தின் பிந்திய அடுக்கில்தான் வருகிறது.

அந்த வேள்வி எப்படி இருந்திருக்கும் என்று கண்ணால் பார்க்க ஒரு வழி இருக்கிறது. 1975 ஏப்ரலில், கேரளத்துப் பாஞ்ஞாள் கிராமத்தில் நம்பூதிரிகள் 12 நாள் அக்னிசயன வேள்வி நடத்தினார்கள். டச்சு அறிஞர் ஃபிரிட்ஸ் ஸ்டால் அதைப் படமாக்க ஏற்பாடு செய்தார். அரணிக் கட்டையைக் கயிற்றால் கடைந்து தீ எடுக்கிறார்கள். சிறகு விரித்த பறவை வடிவில் வேதி எழும்புகிறது, ஐந்து அடுக்கு, 1,005 செங்கல், ஒவ்வொன்றுக்கும் மந்திரம். ஆட்டுப் பலிக்கு எதிர்ப்பு வந்ததால் ஆடுகளுக்குப் பதில் அரிசி மாவுப் பொதிகள். எனக்குப் படத்தில் மறக்க முடியாதது கடைசிப் பகுதிதான். எல்லாம் முடிந்ததும் யாகசாலைப் பந்தலுக்கே தீ வைத்துவிடுகிறார்கள். பாண்டியன் முதுகுடுமிப் பெருவழுதிக்குப் 'பல்யாகசாலை' என்பது பட்டப்பெயர். அந்தச் சாலைகள் எங்கே என்று தேடிப் பயனில்லை. நிற்பதற்காகக் கட்டியவையல்ல அவை.

விதேகத்துக்குத் திரும்புவோம். நெருப்பு வந்து நின்ற அந்த நாட்டிலேயே பின்னொரு காலத்தில் ஜனகன் என்ற அரசன் பெரிய வேள்வி செய்கிறான். ஆயிரம் பசுக்களைக் கட்டி, ஒவ்வொன்றின் கொம்புகளிலும் பத்துப் பாதம் என்ற அளவில் பொன் கட்டி வைத்து, "உங்களில் சிறந்த ஞானி ஓட்டிப் போகலாம்" என்கிறான். குரு, பாஞ்சால நாட்டு அந்தணர்கள் தயங்குகிறார்கள். யாக்ஞவல்கியர் என்ற முனிவர் தயங்கவில்லை. தம் மாணவனிடம், ஓட்டிக்கொண்டு போ தம்பி என்கிறார். சபை கொதிக்கிறது. ஆளாளுக்குக் கேள்வி கேட்கிறார்கள். கார்கி என்ற பெண் இரண்டு முறை எழுந்து மடக்கப் பார்க்கிறாள்.

அவர்களில் ஆர்த்தபாகன் என்பவன் கேட்பதுதான் எனக்குப் பிடித்த கேள்வி. ஒருவன் செத்தால் அவன் பேச்சு நெருப்பில் சேர்கிறது, மூச்சு காற்றில், கண் சூரியனில், மனம் சந்திரனில். சரி, அந்த ஆள் எங்கே போகிறான்? இவ்வளவு நேரம் பட்பட்டென்று பதில் சொன்னவர் இப்போது அவன் கையைப் பிடிக்கிறார். "இது கூட்டத்தில் பேசுவதல்ல, வா" என்று தனியே கூட்டிப் போகிறார். இருவரும் பேசியது கர்மத்தைப் பற்றி என்று மட்டும் நூல் சொல்கிறது: நல்வினையால் நல்லவன், தீவினையால் தீயவன். பின்னாளில் கோடிக்கணக்கானோர் வாழ்க்கைக்கு விளக்கமாக எடுத்துக்கொண்ட கருத்து, அங்கே ரகசியமாகப் பேச வேண்டிய புதுச்சரக்கு.

இது பிருகதாரண்யக உபநிடதத்தில் வருகிறது. அந்த உபநிடதம் தனி நூலல்ல, அதே சதபத பிராமணத்தின் கடைசிப் பகுதி. முதல் காண்டத்தில் வேள்வித் தீ விதேகத்துக்கு வருகிறது, கடைசிக் காண்டத்தில் அதே விதேகத்தில் வேள்விக்கு அப்பால் ஆத்மா என்ன என்று கேட்கிறார்கள். வேள்வியை எதிர்த்தவர்கள் கேட்டதல்ல. யாக்ஞவல்கியர் சடங்கு நுணுக்கங்களில் கைதேர்ந்தவராகவும் அதே நூலில் பேசப்படுகிறார். மந்திரத்தின் வலிமைக்குப் பெயராக இருந்த பிரம்மம், இங்கே எல்லாவற்றுக்கும் உள்ளிருக்கும் ஒன்றின் பெயராகிறது. இதே கிழக்கு மண்ணில்தான் பிறகு மகாவீரரும் புத்தரும் வேள்வியையே வேண்டாம் என்றார்கள்.

தெய்வத்துக்கு நிலையான இடம் எப்போது கிடைத்தது? மத்தியப் பிரதேசத்தில் விதிஷாவுக்கு அருகே பேஸ்நகரில் ஒரு தூண் நிற்கிறது. ஊரார் அதற்குக் 'காம் பாபா' என்று பெயரிட்டுக் கும்பிட்டு வந்தார்கள். 1877இல் தொல்லியலாளர் கன்னிங்காம் பார்த்தபோது செந்தூரம் தடித்துப் படிந்திருந்ததால் எழுத்து தெரியவில்லை. 1909 வாக்கில் சுரண்டிப் பார்த்தபோது பிராமி எழுத்து வந்தது: தட்சசீலத்திலிருந்து கிரேக்க அரசன் அனுப்பிய தூதன் ஹீலியோடோரஸ், தன்னைப் பாகவதன் என்று சொல்லிக்கொண்டு, தேவதேவனான வாசுதேவனுக்கு நிறுத்திய கருடத் தூண். கி.மு. 2ஆம் நூற்றாண்டின் இறுதி. வேள்வியில் இடுவதைத் தெய்வங்களிடம் கொண்டுசேர்க்கும் அஞ்சல்காரன் வேலை அக்னிக்கு இனி கட்டாயமில்லை, தூணருகே போய்க் கும்பிட்டால் போதும்.

இருந்தாலும் பழையது ஓடிப்போய்விடவில்லை. ராஜஸ்தானில் சித்தூர் அருகே கோசுண்டி கிராமத்துக் கிணற்றில் ஒரு கல்வெட்டு கிடைத்தது, கி.மு. முதல் நூற்றாண்டு. சர்வதாதன் என்ற அரசன் தன்னை அசுவமேதம் செய்தவன் என்றும் பாகவதன் என்றும் ஒரே மூச்சில் சொல்லிக்கொள்கிறான். வாசுதேவனுக்கும் அவனுடைய அண்ணன் சங்கர்ஷணனுக்கும் அரசன் கட்டியது கல்மதில். கல்வெட்டு அதைப் 'பூஜா சிலா பிராகாரம்' என்கிறது. நம் ஊர்க் கோயிலில் மூன்று சுற்றுச் சுற்றுகிறோமே, அதே பிராகாரம்தான்.

அந்த மதில் என்று தொல்லியலாளர்கள் கருதும் கற்சுவர் அங்கிருந்து சற்றுத் தொலைவில் இருக்கிறது. அக்பர் சித்தூரை முற்றுகையிட்டபோது யானைகளைக் கட்டியது அதற்குள்தான் என்பது ஊர்ப் பேச்சு. பெயரே ஹாத்தி படா, யானைக் கொட்டடி.