ஊமைப் படத்துக்குச் சாட்சி சொன்னவர்கள்

ஹிட்லர் காலத்து யூதப் படுகொலை பற்றி எந்த டாக்குமெண்டரி பார்த்தாலும் சில கறுப்பு வெள்ளைக் காட்சிகள் திரும்பத் திரும்ப வரும். எலும்பும் தோலுமாகக் குழந்தைகள், நடைபாதையில் பிணங்கள். அதை எடுத்தது யார் என்று நான் யோசித்ததே இல்லை. இஸ்ரேல் இயக்குநர் யயேல் ஹெர்சோன்ஸ்கியின் 'எ ஃபிலிம் அன்ஃபினிஷ்ட்' (2010) பார்த்த பிறகுதான் உறைத்தது. அவற்றில் பலவற்றை எடுத்தவர்கள் நாஜிகளேதான்!

1942 மே மாதம். போலந்தின் வார்சா நகரில் சுவர் எழுப்பி யூதர்களை அடைத்து வைத்திருந்த கெட்டோவுக்குள் ஜெர்மன் படப்பிடிப்புக் குழு போனது. ஜூலை 22-ல் அங்கிருந்து டிரெப்ளிங்கா கொலை முகாமுக்கு ரயில்கள் கிளம்பிவிட்டன. படம் முடிக்கப்படவே இல்லை. சுமார் ஒரு மணி நேர ஊமைப் படமாகக் கிழக்கு ஜெர்மனி ஆவணக் காப்பகத்தில் 1954-ல் கிடைத்தது. பல வருடங்கள் அதை அப்படியே நிஜமென்று எடுத்தாண்டார்கள்.

1998-ல் வெட்டிப் போட்ட துண்டுகள் அடங்கிய இன்னொரு சுருள் அகப்பட்டது. அதில்தான் குட்டு வெளிப்பட்டது. ஒரே காட்சி இரண்டு மூன்று டேக்! பணக்கார யூதர்கள் விருந்து சாப்பிடுவதாகவும், பட்டினி கிடப்பவர்களைக் கண்டும் காணாமல் போவதாகவும் மிரட்டி நடிக்க வைத்திருக்கிறார்கள். பிணங்களும் பசியும் மட்டும் நடிப்பல்ல.

பாங்க் இன்ஸ்பெக்‌ஷனில் வவுச்சர் ஒழுங்காக இருக்கிறது என்பதற்காக விட்டுவிட மாட்டோம். வேறு ரெஜிஸ்டரோடு ஒத்துப் பார்ப்போம். (தொழில் புத்தி, மன்னிக்கவும்.) ஹெர்சோன்ஸ்கி செய்ததும் அதுதான். கெட்டோவின் யூத நிர்வாகக் குழுத் தலைவர் ஆடம் செர்னியாக்கோவ், படப்பிடிப்பு பற்றித் தன் டைரியில் எழுதி வைத்திருந்தார். ரயில்கள் கிளம்பிய மறுநாள் அவர் தற்கொலை செய்துகொண்டார். கேமராமேன் வில்லி விஸ்ட், போருக்குப் பிறகு ஜெர்மன் விசாரணையில் கொடுத்த வாக்குமூலமும் இருக்கிறது. எல்லாவற்றுக்கும் மேலாக, சிறுவயதில் அந்தக் கெட்டோவில் இருந்து தப்பிப் பிழைத்தவர்களை இருட்டுத் தியேட்டரில் உட்கார வைத்துப் படத்தைப் போட்டுக் காட்டுகிறார்.

பணக்கார வீட்டுக் காட்சியில் மேஜை மேல் பூ. ஒரு மூதாட்டிக்குச் சிரிப்பு வந்துவிடுகிறது. கெட்டோவில் பூவா, கிடைத்திருந்தால் தின்றிருப்போமே என்கிறார். கூட்டத்தில் தன் அம்மா முகம் தென்பட்டுவிடுமோ என்று ஒருவர் திரையையே துழாவுகிறார்.

பிணங்களைக் குழியில் தள்ளும் காட்சி வருகிறது. அன்று பிணங்களைத் தாண்டித் தாண்டி நடந்து பழகிய குழந்தை, இன்று பாட்டியாகிக் கண்ணைப் பொத்திக்கொள்கிறது.