தாமதமின்றிப் பார்த்தல்: இணையவழிப் போட்டிகளில் பார்வையாளரின் வரலாறு

இணையத்தின் வழியே பலர் சேர்ந்து ஆடும் போட்டியில், ஆடாமல் பார்ப்பதற்கு மட்டும் இணைபவர் பார்வையாளர் எனப்படுகிறார். ஊர்த் திடலில் கபடி ஆடுபவரும் அதைச் சுற்றி நின்று பார்ப்பவரும் ஒரே நொடியில் ஒரே நிகழ்வைக் காண்கின்றனர். இணையப் போட்டியில் அவ்வாறு தானாக அமைவதில்லை. ஆட்டம் நிகழும் கணத்துக்கும் அது பார்வையாளரின் திரையை எட்டும் கணத்துக்கும் இடையே ஓர் இடைவெளி இருக்கும். இந்த இடைவெளியைக் குறைக்கப் பொறியாளர்கள் உழைத்துவந்த அதே முப்பது ஆண்டுகளில், போட்டி நடத்துவோர் அதை வேண்டுமென்றே கூட்டியும் வந்துள்ளனர். இந்த முரண் எவ்வாறு உருவானது என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

இருவகைத் தாமதம்

பார்வையாளர் எதிர்கொள்ளும் தாமதம் இருவகைப்படும். முதலாவது தொழில்நுட்பத் தாமதம். தரவு கம்பி வழியே பயணிக்கவும், படம் சுருக்கப்பட்டு மீண்டும் விரிக்கப்படவும், தடங்கலின்றி ஓடுவதற்காகச் சில நொடிப் படம் முன்கூட்டியே சேமிக்கப்படவும் ஆகும் நேரம் இது. இரண்டாவது விதிக்கப்பட்ட தாமதம். தரவு தயாராக இருந்தும், குறிப்பிட்ட நேரம் கழியும்வரை அதை நடத்துநர் நிறுத்திவைக்கிறார். திரையில் இரண்டும் ஒன்றுபோலவே தோன்றும். ஆகவே தம் இணைய இணைப்பு மெதுவாக இருப்பதாகப் பார்வையாளர் எண்ணும் பல இடங்களில், உண்மையில் ஒரு விதியே அவரைக் காக்க வைத்திருக்கும்.

இரண்டாம் வகைத் தாமதத்தின் தேவை ஆட்டத்தின் இயல்பைப் பொறுத்தது. சதுரங்கத்தில் இரு வீரர்களும் பார்வையாளரும் ஒரே பலகையையே பார்க்கின்றனர். மறைவு என்று எதுவும் இல்லை. கவுன்டர்-ஸ்ட்ரைக், ஸ்டார்கிராஃப்ட் போன்ற ஆட்டங்களில் எதிரி எங்கே இருக்கிறார் என்பதை வீரர் அறியார். பார்வையாளரோ இரு பக்கத்தையும் பார்க்கிறார். அதாவது, ஆடுபவரைவிடப் பார்ப்பவருக்கு அதிகம் தெரிகிறது. அவருக்குத் தெரிந்தது ஆட்டம் முடியும் முன் வீரரின் காதுக்கு எட்டிவிட்டால் போட்டி கெட்டுவிடும்.

எழுத்தால் ஆன பலகை

இணையத்தில் ஆட்டங்களை நேரடியாகப் பார்க்கும் வழக்கத்தைப் பரவலாக்கியவற்றுள் சதுரங்க சர்வர்கள் முதன்மையானவை. 1992 ஜனவரியில் அமெரிக்காவின் யூட்டா பல்கலைக்கழகக் கணினி ஒன்றில் 'இணையச் சதுரங்க சர்வர்' இயங்கத் தொடங்கியது. மைக்கேல் மூரும் ரிச்சர்ட் நாஷும் அதை உருவாக்கினர். டெல்நெட் வழியாக இணைபவருக்குக் கோடுகளும் எழுத்துகளும் கொண்ட பலகை திரையில் தெரியும். நடந்துகொண்டிருக்கும் எந்த ஆட்டத்தையும் ஒரே கட்டளையில் பார்க்கத் தொடங்கலாம். ஒரு நகர்வுக்குச் சில எழுத்துகளே போதும் என்பதால், அக்காலத்து மெதுவான இணைப்புகளிலும் பார்வையாளருக்கு ஆட்டம் ஏறத்தாழ உடனுக்குடன் கிடைத்தது.

பார்வையாளரின் பேச்சு ஆட்டத்தைப் பாதிக்கலாம் என்பது இந்த சர்வர்களில் தொடக்கத்திலேயே உணரப்பட்டிருந்தது. 'கிபிட்ஸ்' என்ற கட்டளையால் சொல்வது ஆடுபவர் உள்ளிட்ட அனைவருக்கும் தெரியும். 'விஸ்பர்' என்ற கட்டளையால் சொல்வது பார்வையாளர்களுக்கு மட்டுமே தெரியும். இங்கே பார்வையாளரின் காட்சியைத் தாமதிக்காமல், அவருடைய குரல் மட்டும் வேறு வழியில் திருப்பிவிடப்பட்டது.

கார்னகி மெலன் பல்கலைக்கழகப் பேராசிரியர் டேனியல் ஸ்லீட்டர் இந்த சர்வரின் பொறுப்பை ஏற்றபின், தொழில்நுட்பத் தாமதத்துக்கு ஒரு தீர்வு கண்டார். தரவு பயணிக்க எடுத்துக்கொள்ளும் நேரம் வீரரின் கடிகாரத்தில் கழியாதபடி கணக்கிடும் நிரலே அது. 1995-இல் இந்த சர்வர் கட்டணச் சேவையாகியது. அதை ஏற்காதவர்கள் அதே ஆண்டில் கட்டணமில்லாத மாற்று சர்வர் ஒன்றைத் தொடங்கினர்.

குவேக் முதல் அரை-ஆயுள் தொலைக்காட்சி வரை

1996 ஜூனில் ஐடி சாஃப்ட்வேர் நிறுவனம் குவேக் என்ற சுடும் ஆட்டத்தை வெளியிட்டது. அதே ஆண்டு டிசம்பரில் வந்த குவேக்வேர்ல்ட் என்ற பதிப்பு இணையத்தில் ஆடுவதற்கென்றே திருத்தி அமைக்கப்பட்டது. அதில் வீரர்களுக்கு இடம் ஒதுக்கப்பட்டதுபோலப் பார்வையாளர்களுக்கும் தனியே இடம் இருந்தது. பார்வையாளர் நேரே ஆட்ட சர்வரிலேயே இணைந்தார். வீரருக்குக் கிடைத்த அதே கணம் அவருக்கும் கிடைத்தது.

இந்த முறையில் இரு குறைகள் இருந்தன. ஒவ்வொரு பார்வையாளரும் சர்வரின் சுமையைக் கூட்டினார். ஆகவே விரல்விட்டு எண்ணக்கூடிய சிலரையே அனுமதிக்க முடிந்தது. மற்றவர்கள் ஆட்டம் முடிந்தபின் 'டெமோ' எனப்படும் பதிவுக் கோப்பை இறக்கிப் பார்க்க வேண்டியிருந்தது. இரண்டாவது குறை நம்பிக்கை தொடர்பானது. பார்வையாளராக நுழைந்த ஒருவர், எதிரணி பதுங்கியிருக்கும் இடத்தைத் தம் நண்பருக்குச் சொல்லிவிடலாம். இம்முறைகேட்டை ஆட்டக்காரர்கள் 'கோஸ்டிங்' என்று அழைத்தனர்.

இவ்விரு குறைகளுக்கும் சேர்த்து ஒரு விடை 2001-இல் வந்தது. ஹாஃப்-லைஃப், அதன்மேல் அமைந்த கவுன்டர்-ஸ்ட்ரைக் ஆகிய ஆட்டங்களுக்காக மார்ட்டின் ஓட்டன் உருவாக்கிய எச்.எல்.டி.வி. என்ற இடைநிலை சர்வர் அது. ஆட்ட சர்வரில் அது ஒரே ஒரு பார்வையாளராக இணையும். பெற்ற தரவைத் தன்னோடு இணைந்த பலருக்கும் பகிரும். ஓர் இடைநிலை சர்வரிலிருந்து இன்னொன்று, அதிலிருந்து மற்றொன்று எனச் சங்கிலியாகவும் கோக்கலாம். அனுப்பப்படுவது வீடியோ அன்று. ஆட்டத்தின் தரவு மட்டுமே. படத்தைப் பார்வையாளரின் கணினியே வரைந்துகொள்ளும். அதனால் குறைந்த இணைய வேகமே போதுமாயிருந்தது. எந்த வீரரைப் பின்தொடர்வது என்பதையும் பார்வையாளரே முடிவு செய்தார்.

எச்.எல்.டி.வி.யில் தாமதத்தை நடத்துநர் நொடிக்கணக்கில் குறிக்கும் வசதி இருந்தது. கோஸ்டிங்கைத் தடுப்பது அதன் முதன்மைப் பயன். எதிர்பாராத வேறொரு பயனும் கிடைத்தது. தானியங்கிக் கேமரா, பார்வையாளர் இன்னும் காணாத நொடிகளை முன்கூட்டியே அறிந்திருந்தது. ஆகவே மோதல் நடக்கப்போகும் இடத்துக்கு முன்னரே திரும்பி நிற்க அதனால் முடிந்தது. தாமதம் இங்கே பார்வையாளருக்கே நல்ல காட்சியைத் தந்தது.

வீரரை அடைத்தலும் பார்வையாளரைக் காக்க வைத்தலும்

இதே காலத்தில் தென் கொரியாவில் வேறொரு வழி பின்பற்றப்பட்டது. 1998-இல் வெளியான ஸ்டார்கிராஃப்ட் அங்கே கேபிள் தொலைக்காட்சியின் விளையாட்டாகவே வளர்ந்தது. 2000-இல் ஆன்கேம்நெட் என்ற தனி அலைவரிசை தொடங்கியது. போட்டி அரங்கில் ரசிகர்கள் பெரிய திரையில் இரு பக்கத்தையும் உடனுக்குடன் பார்த்து ஆரவாரம் செய்தனர். அந்த ஆரவாரமே வீரருக்கு ஒரு குறிப்பாகிவிடும் என்பதால், வீரர்களை ஒலி புகாத கண்ணாடி அறைகளில் அமர்த்தும் வழக்கம் ஏற்பட்டது. பார்வையாளரின் கணத்தைத் தள்ளிப்போடுவதற்குப் பதிலாக வீரரின் காதை அடைத்தனர் என்று இதைச் சொல்லலாம்.

இந்தக் காப்பு இல்லாத இடத்தில் என்ன நேரும் என்பது 2012 அக்டோபரில் தெரிந்தது. லாஸ் ஏஞ்சலஸில் நடந்த லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் உலகப் போட்டியின் காலிறுதியில், அரங்கின் பெரிய திரை வீரர்கள் தலையைத் திருப்பினால் தெரியும்படி இருந்தது. கொரியாவின் அசூபு ஃப்ராஸ்ட் அணி வீரர் ஒருவர் அத்திரையில் இருந்த வரைபடத்தைப் பார்த்தது கண்டறியப்பட்டது. நடத்திய ரயட் கேம்ஸ் நிறுவனம் அணிக்கு 30,000 அமெரிக்க டாலர் அபராதம் விதித்தது; போட்டி முடிவை மாற்றவில்லை. அரங்கில் இருந்தவர்களுக்குத் தாமதமே இல்லை என்பதுதான் அங்கே சிக்கலாயிற்று. இதே ஆட்டத்தை வீட்டிலிருந்து அதன் பார்வையாளர் முறையில் பார்ப்பவருக்கு 3 நிமிடத் தாமதம் விதிக்கப்பட்டிருந்தது.

சதுரங்கத்துக்கும் வந்த தாமதம்

மறைவற்ற ஆட்டமான சதுரங்கத்துக்குத் தாமதம் தேவையில்லை என்ற எண்ணம் நெடுங்காலம் நிலவியது. மனிதரைவிடக் கணினி வலிமை பெற்றதும் அந்த எண்ணம் ஆட்டம் கண்டது. பலகை இன்னும் மறைவற்றதுதான். ஆனால் அதன் அடுத்த சிறந்த நகர்வு, எஞ்சின் வைத்திருக்கும் எந்தப் பார்வையாளருக்கும் தெரியும் இரகசியமாகிவிட்டது.

2010-இல் ரஷ்யாவின் காந்தி-மான்சிஸ்க் நகரில் நடந்த சதுரங்க ஒலிம்பியாட் இதற்குச் சான்று. பிரான்சில் இருந்த ஒருவர் ஆட்டத்தை இணையத்தில் நேரலையாகப் பார்த்து, எஞ்சின் சொன்ன நகர்வைக் குறுஞ்செய்தியாக அனுப்பினார். அதைப் பெற்ற பயிற்சியாளர், அரங்கில் முன்பே பேசிவைத்த இடங்களில் நின்று பிரெஞ்சு வீரர் செபாஸ்டியன் ஃபெல்லருக்கு உணர்த்தினார் என்பது குற்றச்சாட்டு. உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு 2012-இல் மூவருக்கும் தடை விதித்தது. இந்தச் சங்கிலியின் முதல் கண்ணி தாமதமில்லா நேரலையே.

2022 செப்டம்பரில் அமெரிக்காவின் செயின்ட் லூயிஸில் நடந்த சிங்க்ஃபீல்டு கோப்பையில், ஹான்ஸ் நீமனிடம் தோற்ற மாக்னஸ் கார்ல்சன் போட்டியிலிருந்து விலகினார். அடுத்த சுற்றிலிருந்து நேரலை 15 நிமிடம் தாமதமாக்கப்பட்டது. அந்த ஆட்டத்தில் முறைகேடு நடந்ததற்கான சான்று எதுவும் வெளிவரவில்லை. எனினும் ஓர் ஐயமே உலகெங்கும் உள்ள ரசிகர்களைக் கால் மணி நேரம் பின்தள்ளப் போதுமானதாக இருந்தது.

தாமதத்தைக் குறைக்கும் முயற்சிகள்

2011-இல் தொடங்கிய ட்விட்ச் தளம் ஆட்டத்தைப் பார்ப்பதை வீடியோவுக்கு மாற்றியது. ஆட்டத்தை நிறுவாதவரும் உலாவியில் பார்க்கலாம் என்பதால் பார்வையாளர் வட்டம் பெருகியது. ஆனால் வீடியோவைச் சுருக்கி, துண்டுகளாக்கி அனுப்பும் முறை பல நொடித் தாமதத்தைக் கொண்டுவந்தது. 2014 பிப்ரவரியில் அத்தளத்தில் ஆயிரக்கணக்கானோர் அரட்டைக் கட்டளைகளால் ஒரே போக்கிமான் ஆட்டத்தைக் கூட்டாக ஆடினர். அனுப்பிய கட்டளைக்கும் திரையில் காணும் காட்சிக்கும் இடையே இருந்த இடைவெளி, ஒரு சிறு படியைக் கடப்பதையே பெரும்பாடாக்கியது. ஆட்டத்தை முடிக்க 16 நாள் ஆயிற்று.

இத்தாமதத்தைப் போக்க முயன்றவற்றுள் இரண்டு குறிப்பிடத்தக்கவை. 2010-இல் தொடங்கிய ஆன்லைவ் சேவையில் ஆட்டமே தொலைதூரக் கணினியில் இயங்கி, வீரருக்கு வீடியோவாக வந்தது. எனவே அதே வீடியோவைப் பிறருக்கும் உடனே காட்ட முடிந்தது. 'அரீனா' என்ற பகுதியில் ஒருவர் முன்பின் அறியாதவரின் ஆட்டத்தையும் பார்க்கலாம். அச்சேவை 2015-இல் மூடப்பட்டது. மைக்ரோசாஃப்ட் நடத்திய மிக்சர் தளம் ஒரு நொடிக்கும் குறைவான தாமதத்தையே தன் சிறப்பாக முன்வைத்தது. பார்வையாளர் பொத்தானை அழுத்தி ஆட்டத்தில் மாற்றம் செய்யவும் வழி தந்தது. அதுவும் 2020 ஜூலையில் மூடப்பட்டது.

தாமதம் குறையக் குறைய, பழைய சிக்கல் புதிய வடிவில் திரும்பியது. தம் ஆட்டத்தைத் தாமே நேரலையாக்கும் வீரரின் காட்சியை எதிராளி பார்த்து, அவர் இருக்குமிடம் அறிந்து தாக்குவது 'ஸ்ட்ரீம் ஸ்னைப்பிங்' எனப்படுகிறது. இதைத் தவிர்க்க நேரலையாளர்கள் தாங்களே தாமதத்தைச் சேர்க்கின்றனர். அப்படிச் செய்தால் ரசிகர் கேட்ட கேள்விக்கான பதிலும் தாமதமாகிறது. உரையாடலின் சுவை குறைகிறது. பாதுகாப்பும் உரையாடலும் ஒரே தட்டில் அமைவதில்லை.

யாருக்கு இந்தக் கணம்

தாமதம் பொதுப் பார்வையாளருக்கு விதிக்கப்பட்டபோதும், சிலருக்கு எப்போதும் உடனடிக் காட்சி உண்டு. நடுவர், ஒளிபரப்புக் கேமராவை இயக்குவோர், பயிற்சியாளர் ஆகியோர் அத்தகையோர். இவர்களையும் நம்ப வேண்டியுள்ளது என்பதை 2020-இல் கவுன்டர்-ஸ்ட்ரைக் உலகம் அறிந்தது. பயிற்சியாளர் தம் அணியின் காட்சியை மட்டுமே காண வேண்டும் என்பது விதி. ஆனால் மென்பொருள் பிழை ஒன்றால், ஆடுகளத்தின் ஓரிடத்தில் நிலைத்து நிற்கும் கேமரா வழியே எதிரணியையும் காண முடிந்தது. மின்விளையாட்டு நேர்மை ஆணையம் அவ்வாண்டு செப்டம்பரில் 37 பயிற்சியாளர்களுக்குத் தடை விதித்தது. அவர்களைக் காட்டிக்கொடுத்தவை எச்.எல்.டி.வி. வழியில் வந்த பார்வையாளர் பதிவுக் கோப்புகளே. பழைய ஆட்டங்களின் பதிவுகளை மீண்டும் ஓட்டி, பயிற்சியாளரின் கேமரா எங்கே நின்றது என்று ஆய்வாளர்கள் சரிபார்த்தனர்.

இன்று பெரும் பரிசுப் போட்டிகளில் விதிக்கப்பட்ட தாமதம் வழக்கமாகிவிட்டது. அதற்கு மறுபுறம், பரிசோ பணமோ இல்லாத அன்றாட ஆட்டங்களில் பழைய திறந்த முறை தொடர்கிறது. 2010-இல் தீபோ டுப்ளெஸி தொடங்கிய லிசெஸ் என்ற கட்டணமில்லாச் சதுரங்கத் தளத்தில், கணக்கு இல்லாதவரும் நடந்துகொண்டிருக்கும் ஆட்டத்தைத் திறந்து, நகர்வுகளை அவை நிகழும்போதே காணலாம். அதே தளம், போட்டி ஒளிபரப்புகளுக்கு எத்தனை நொடித் தாமதம் வேண்டும் என்று குறிக்கும் வசதியையும் நடத்துநர்களுக்குத் தருகிறது. 1992-இன் எழுத்துப் பலகையில் இருந்த திறந்த பார்வையும், 2001-இல் வந்த காப்புத் தாமதமும் அங்கே ஒரே கூரையின்கீழ் இயங்குகின்றன.