சோஃபுஸ் நீல்சனின் பத்துக் கோல்கள்



முப்பது ஆண்டுகளுக்கு மேலாக வகுப்பறையில் சரித்திரம் போதித்தவன் நான். மன்னர்களையும் போர்களையும் உடன்படிக்கைகளையும் பற்றிப் பேசிப் பேசி ஓய்வுபெற்ற ஒரு தலைமையாசிரியர், வானொலிக்கு வந்து கால்பந்தைப் பற்றிப் பேசுவானேன் என்று உங்களுள் சிலர் வியக்கக்கூடும். பந்தாட்ட மைதானத்துக்கும் ஆண்டு உண்டு, நாள் உண்டு, சாட்சியம் உண்டு. அவற்றை எடைபோட்டுப் பார்க்கும் வேலையும் உண்டு. இன்று ஓர் எண்ணை எடுத்துக்கொண்டு அதன் பின்னே சற்றுத் தூரம் சென்று பார்ப்போம். அந்த எண் பத்து.

1908ஆம் ஆண்டு அக்டோபர் 22ஆம் நாள், இலண்டன் மாநகரின் ஒயிட் சிட்டி மைதானத்தில், பிரான்சு நாட்டுக்கு எதிரான ஒலிம்பிக் கால்பந்தாட்டத்தில் டென்மார்க் வீரர் ஒருவர் தாம் ஒருவராகவே பத்துக் கோல்கள் அடித்தார். அவர் பெயர் சோஃபுஸ் நீல்சன். வயது இருபது.

அவர் 1888ஆம் ஆண்டு மார்ச் 15ஆம் நாள் கோபன்ஹேகன் நகரில் பிறந்தவர். அந்நகரில் 1886இல் தோன்றி, தொழிலாளர் குடும்பங்களின் ஆதரவில் வளர்ந்த ‘ஃப்ரெம்’ என்னும் கழகத்துக்காக ஆடியவர். தோழர்கள் அவருக்கு ‘க்ரோல்பேன்’ என்று பட்டப்பெயர் சூட்டியிருந்தார்கள். சுருள்கால் என்பது அதன் பொருள். எந்த நாட்டிலும் பட்டப்பெயர் வைப்பவர்களின் கண்ணுக்கு எதுவும் தப்புவதில்லை!

டென்மார்க் சிறிய நாடு. ஆயினும் ஐரோப்பாக் கண்டத்தில் கால்பந்து முதன்முதல் வேரூன்றிய இடங்களுள் அதுவும் ஒன்று. கோபன்ஹேகனின் முதுபெரும் பந்தாட்டக் கழகம் 1876இல் தோன்றியது. 1889இல் நாட்டுக்கே ஒரு கால்பந்துச் சங்கம் அமைந்தது. 1904இல் பாரிஸ் நகரில் உலகக் கால்பந்துச் சம்மேளனத்தைத் தோற்றுவித்த ஏழு நாடுகளுள் டென்மார்க்கும் இருந்தது. இலண்டன் ஒலிம்பிக்குக்கு அவர்களைப் பயிற்றுவித்தவர் சார்லஸ் வில்லியம்ஸ் என்னும் ஆங்கிலேயர். மான்செஸ்டர் சிட்டி அணியின் கோல் காவலராக முன்பு ஆடியவர். இத்தனை இருந்தும், வேறொரு நாட்டின் அணியோடு முறைப்படி அங்கீகரிக்கப்பட்ட ஆட்டம் எதையும் 1908 அக்டோபர் வரை அந்நாடு ஆடியதில்லை.

அந்த முதல் ஆட்டம் அக்டோபர் 19இல் நடந்தது. எதிரணி பிரான்சு. ஒலிம்பிக்குக்குப் பிரான்சு இரண்டு அணிகளை அனுப்பியிருந்தது. அவற்றுள் இரண்டாம் அணியை டென்மார்க் 9–0 என்று வென்றது. டென்மார்க்கின் முதல் கோலை அடித்த பெருமை நீல்ஸ் மிடெல்போவுக்கு உரியது. பின்னாளில் இலண்டனின் செல்ஸி கழகத்துக்கு ஆடியவர் அவர். வில்ஹெல்ம் வொல்ஃப்ஹாகன் நான்கு கோல்கள் அடித்தார். ஹரால்ட் போர் என்னும் இளைஞர் இரண்டு அடித்தார். இந்த ஹரால்ட் போர் பெரும் கணித மேதையாக வளர்ந்தவர். அணு அமைப்பை ஆராய்ந்து 1922இல் நோபல் பரிசு பெற்ற நீல்ஸ் போரின் உடன்பிறந்த தம்பி. கணக்குப் புத்தகத்தைக் காட்டிப் பந்தை ஒளித்து வைக்கும் பெற்றோர் யாரேனும் இதைக் கேட்டுக்கொண்டிருந்தால் சிறிது சிந்திப்பார்களாக. நம் சோஃபுஸ் அன்று அடித்தது ஒரே ஒரு கோல்தான்.

மூன்று நாள் கழித்து அரையிறுதி ஆட்டம். பிரான்சின் முதல் அணி இப்போது களத்துக்கு வந்தது. அதனோடு முதற் சுற்றில் மோதவேண்டிய பொஹீமியா அணி விலகிக்கொண்டதால், அந்த அணி ஒரு போட்டியும் ஆடாமலே அரையிறுதிக்கு வந்திருந்தது. ஆட்டம் தொடங்கி மூன்றாம் நிமிஷத்தில் சோஃபுஸின் முதல் கோல் விழுந்தது. நான்காம் நிமிஷத்தில் இரண்டாவது. ஆறாம் நிமிஷத்தில் மூன்றாவது. பார்வையாளர்கள் தங்கள் இருக்கையில் சரியாக அமர்ந்திருப்பார்களோ என்னவோ! பதினாறாம் நிமிஷத்தில் எமில் சார்தோரியஸ் பிரான்சுக்காக ஒரு கோல் அடித்தார். கணக்கு 3–1. அந்த ஒரு கணத்தில் பிரெஞ்சு வீரர்கள் ஏதோ நம்பிக்கை கொண்டிருப்பார்கள் என்றே நினைக்கிறேன். இடைவேளையின்போது கணக்கு 6–1. அதற்குப் பின் ஆட்டம் என்று சொல்வதற்கு அங்கே அதிகம் இல்லை. சோஃபுஸ் மட்டும் மேலும் ஆறு அடித்தார். எழுபத்தாறாம் நிமிஷத்தில் அவருடைய பத்தாவது கோல் விழுந்தது. வொல்ஃப்ஹாகன் நான்கு, லிண்ட்கிரென் இரண்டு, மிடெல்போ ஒன்று. முடிவு 17–1.

அந்த மைதானத்தைப் பற்றியும் ஒரு சொல். 1908இல் இலண்டனில் நடந்த பிராங்கோ-பிரிட்டிஷ் பொருட்காட்சி, பிரான்சும் பிரிட்டனும் தங்கள் நட்பைக் கொண்டாடக் கூட்டியது. அதன் பகுதியாகக் கட்டப்பட்டதே ஒயிட் சிட்டி மைதானம். பிரான்சின் பெயரையும் தாங்கிய விழாவின் மைதானத்திலேயே பிரெஞ்சு அணிக்கு இந்தத் தோல்வி நேர்ந்தது.

மூன்றாம் இடத்துக்கான ஆட்டம் அவர்களுக்கு இன்னும் பாக்கி இருந்தது. அவர்கள் ஆட மறுத்து ஊர் திரும்பிவிட்டார்கள். அவர்களுக்குப் பதிலாக ஸ்வீடன் ஆடி, ஹாலந்திடம் தோற்றது. பிரெஞ்சு அணியின் செயலை விளையாட்டு நெறிக்கு மாறானது என்று கண்டிப்போர் உண்டு. நானும் ஒரு காலத்தில் கண்டித்திருப்பேன். ஆனால் நான் தலைமையாசிரியராக இருந்தபோது நிகழ்ந்த ஒன்று நினைவுக்கு வருகிறது. எங்கள் பள்ளிக்கு ஆட வந்த ஒரு கிராமப் பள்ளியின் சிறுவர்களை எங்கள் பிள்ளைகள் 12–0 என்று வென்றார்கள். நான் மகிழ்ச்சி மேலிட்டு, வாயிலருகே இருந்த கரும்பலகையில் அந்த எண்களை வண்ணச் சுண்ணக்கட்டியால் என் கையாலேயே பெரிதாக எழுதினேன். வந்த பிள்ளைகள் பேருந்துக்காக அந்தப் பலகையின் எதிரிலேயே அரைமணி நேரம் நின்றார்கள். அவர்களில் கடைசியாக நின்ற சிறுவனுக்குக் காலணிகூட இல்லை. அதை அழித்துவிடலாமே என்று அப்போது எனக்குத் தோன்றவில்லை. தோன்றியபோது பேருந்து போய்விட்டது.

மறுபடியும் இலண்டனுக்கு வருவோம். அரையிறுதி முடிந்த இரண்டாம் நாள், அக்டோபர் 24இல், இறுதி ஆட்டம். எதிரே நின்றது பிரிட்டன். சம்பளம் பெறாது ஆடிய ஆங்கிலேயர்களின் அணி அது. விவியன் உட்வர்டு தலைமை தாங்கினார். பிரிட்டன் இரண்டு கோல்கள் அடித்தது. டென்மார்க் ஒன்றும் அடிக்கவில்லை. வியாழக்கிழமை பத்துக் கோல்கள் அடித்த அதே கால்களால் சனிக்கிழமை ஒரு கோலும் அடிக்க முடியவில்லை. அவர் ஆட்டத்தை மறந்துவிட்டாரா? இல்லை. எதிரே நின்றவர்கள் மாறிவிட்டார்கள். பத்து என்னும் எண்ணில் சோஃபுஸின் திறமை ஒரு பங்கு. எதிரணியின் பயிற்சிக் குறைவு மற்றொரு பங்கு. இரண்டையும் பிரித்துப் பார்ப்பதற்கு அந்த இறுதி ஆட்டமே நமக்குக் கிடைத்த துலாக்கோல்.

அவருடைய மொத்தக் கணக்கையும் பார்த்துவிடலாம். 1908 முதல் 1919 வரை டென்மார்க்குக்காக ஆடிய ஆட்டங்கள் 20. அடித்த கோல்கள் 16. அவற்றுள் பத்து அந்த ஒரே நாளில் வந்தவை! இதே காலத்தில் பவுல் நீல்சன் என்று மற்றொரு நீல்சன் ஆடினார். இருவரும் உறவினர் என்று மயங்கவேண்டாம், அந்நாட்டில் நீல்சன் என்பது மிகப் பரவலான பெயர். அவர் 1910 முதல் 1925 வரை 38 ஆட்டங்களில் 52 கோல்கள் அடித்தார். 2010ஆம் ஆண்டில் யோன் டால் டோமாசன் அந்த எண்ணைச் சமன்செய்தபோது, அவருக்கு அதற்கு நூற்றுக்கும் மேற்பட்ட ஆட்டங்கள் தேவைப்பட்டிருந்தன. என்னைக் கேட்டால், இரு நீல்சன்களுள் பெரிய கோல் வீரர் பவுல்தான். ஆனால் உலகப் பட்டியல்கள் நெடுங்காலம் முதலில் நிறுத்தியது சோஃபுஸை.

1912இல் ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்கிலும் சோஃபுஸ் ஆடினார். டென்மார்க் மறுபடியும் இறுதி ஆட்டத்துக்கு வந்து, மறுபடியும் பிரிட்டனிடமே 4–2 என்று தோற்றது. ஆட்டத்தின் நடுவே புக்வால்டு என்னும் டேனிஷ் வீரர் காயமுற்று வெளியேறினார். மாற்று வீரரை இறக்க விதி இடந்தராத காலம் அது. எஞ்சிய பதின்மர் ஆடித் தீர்த்தார்கள். சோஃபுஸுக்கு இரண்டாவது வெள்ளிப் பதக்கம்.

அதே ஸ்டாக்ஹோமில்தான் அவருடைய பத்துக்கும் ஓர் இணை தோன்றியது. ஜூலை 1ஆம் நாள் ரஷ்யாவுக்கு எதிராக ஜெர்மனி 16–0 என்று வென்றபோது, காட்ஃப்ரீட் ஃபுக்ஸ் என்பவர் பத்துக் கோல்கள் அடித்தார். ஃபுக்ஸ் யூதர். நாஜிகள் ஆட்சிக்கு வந்தபின் அவர் நாட்டைவிட்டு வெளியேற நேர்ந்தது. ஜெர்மானியக் கால்பந்து ஏடுகளிலிருந்து அவர் பெயரையே நீக்கினார்கள். அவர் கனடாவில் குடியேறி, 1972இல் அங்கேயே மறைந்தார். ஒரே எண், ஒருவரை அது புகழோடு நிறுத்தியது, மற்றவர் பெயரை அதனால் காக்க முடியவில்லை.

2001ஆம் ஆண்டு ஏப்ரல் 11ஆம் நாள் ஆஸ்திரேலியாவின் ஆர்ச்சி தாம்சன் அமெரிக்க சமோவாவுக்கு எதிராகப் பதின்மூன்று கோல்கள் அடித்துப் பழைய எண்ணைக் கடந்தார். கணக்கு 31–0. கடவுச்சீட்டுச் சிக்கலால் தேர்ந்த வீரர்களில் பலரைக் கொண்டுவர இயலாமல், சிறுவர்களையும் சேர்த்துக்கொண்டு வந்த அணி அது. பிற்பாடு அப்பகுதியில் சிறிய நாடுகளுக்கென முன்தகுதிச் சுற்று ஏற்பட்டது.

சோஃபுஸ் அந்த நாளைப் பார்க்கவில்லை. ஆட்டத்தை விட்டபின் பயிற்சியாளராக விளங்கி, 1940இல் டென்மார்க் தேசிய அணியின் பொறுப்பையும் சிறிது காலம் ஏற்று, 1963ஆம் ஆண்டு ஆகஸ்டில் எழுபத்தைந்தாம் வயதில் அவர் காலமானார். ஒயிட் சிட்டி மைதானம் 1985இல் இடிக்கப்பட்டது. அந்த இடத்தில் பிறகு எழுந்தவை பிரிட்டிஷ் ஒலிபரப்புக் கழகத்தின் கட்டடங்கள்.